கருங்கல்லுக்கு அப்பால் குபாத்

பாத்மா குதிரையின் விலாவில் குதிகாலால் இடித்து, கெச்சிக் கணவாயை நோக்கி விரட்டினாள். கடிவாளத்தைப் பிடித்தபடி கூடவே ஓடினாள் மருமகள் உல்கான். மாமியாருக்கு எண்பதை நெருங்கும் வயது, மருமகளுக்கு மூட்டுவலி. இருந்தும் மேய்ச்சல் வெளியில் பால் கறந்துகொண்டிருந்த பெண்கள் எழுந்து நின்று பார்க்கிற வேகம். கிழவி எங்கே போகிறாள் என்று யாரும் கேட்கவில்லை. கணவாய்க்குள் அவள் மகன் குபாத், இருபத்தாறு வயதுக்காரன், வலது காலைத் தூக்கியபடி இருந்தான். அந்தக் காலைத் தரையில் வைத்து முடிக்க அவனுக்கு இன்னும் ஒரு குளிர்காலம் ஆகும். அவனுடைய மகளுக்கு அப்போது வயது முப்பத்து மூன்று.

"விடுடி. நானே உள்ள போய் அவன் கையைப் பிடிச்சு இழுத்துட்டு வரேன்."

"போனவங்க யாரு அத்தை திரும்பி வந்திருக்காங்க?"

"வராட்டி அவன் பக்கத்துல நிக்கறேன். நீ கீழ கிடந்து மாட்டைக் கற."

கணவாயின் வாயிலிருந்து உள்ளே கிடக்கும் கருங்கல் வரைக்கும் நம் ஊர்க் காலம்தான். கல்லைத் தாண்டினால் ஓர் எட்டு வைக்க ஒரு வருஷம். இதில் வாயைப் பிளக்க அந்தப் பள்ளத்தாக்கில் ஆள் கிடையாது. கல்லின் மேல் காலம் லேசாகத் தயங்கும் என்பதால் இலையுதிர்காலத்தில் அறுத்த ஆட்டுக்கறியை அதன்மேல் வைத்துவிட்டு வசந்தத்தில் எடுப்பார்கள், ரத்தம்கூட உலர்ந்திருக்காது. குதிரைப்பாலை மட்டும் வைப்பதில்லை, அது புளிக்காமல் போதை எங்கிருந்து வரும்? ஆள் தவறி உள்ளே போய்விட்டால் மீட்க ஒரே ஒரு வழி. அவன் கல்லைத் தாண்டுவதற்குள் வீட்டு ஆள் பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும். அங்கே இடி இடித்தாலும் காதில் ஏறாது, சொந்தப் பெயர் மட்டும் ஏறும். கேட்டவன் திரும்பி வந்து, என்ன சமையல் என்று கேட்பான். தாண்டிவிட்டவனுக்குத் தொண்டை கிழியக் கத்தினாலும் பிரயோஜனமில்லை. குபாத்தை இழுக்க அவன் சிநேகிதர்கள் வீசிய சுருக்குக்கயிறு இன்னும் அவன் தலைக்கு மேல் காற்றிலேயே தொங்குகிறது. வீசியவர்களில் இரண்டு பேர் இறந்தே போனார்கள்.

அவன் போனது உல்கான் அந்த வீட்டுக்கு வாழ்க்கைப்பட்ட முதல் கோடையில். பாத்மா பேசி முடித்த கல்யாணம். மருமகளாக வந்தவள் புருஷன் பெயரையோ புகுந்த வீட்டுப் பெரியவர்கள் பெயரையோ வாயில் எடுக்கக்கூடாது. மாமனார் பெயரில் ஆட்டுக்குட்டி என்ற சொல் இருந்ததால் உல்கான் ஆட்டுக்குட்டியை 'மே சொல்றது' என்றுதான் சொல்வாள். புருஷன் பெயரின் முதல் எழுத்து ஒருமுறை தவறி வெளியே வந்தபோது பாத்மா அகப்பையால் உதட்டிலேயே போட்டாள். அப்புறம் ஒரு மூடுபனிக் காலையில் குதிரைக்குட்டி ஒன்று கணவாய்க்குள் துள்ளி ஓட, குபாத் பின்னால் போனான். கூடப் போயிருந்த உல்கான் தனியாகக் கூடாரத்துக்கு ஓடி வந்தாள். பேச்சு வரவில்லை, கை மட்டும் மலையைக் காட்டியது. பாத்மா மகன் பெயரைக் கூவிக்கொண்டே ஏறினாள். அதற்குள் அவன் கல்லுக்கு அந்தப் பக்கம் இருந்தான்.

கூப்பிட்டாயா என்று பாத்மா கேட்டாள். உல்கான் தலையைக் குனிந்துகொண்டாள். அந்தக் குனிந்த தலையையே ஊர் பதிலாக எடுத்துக்கொண்டது.

அந்த வாரமே பாத்மா ஊரிலுள்ள எல்லா மருமகள்களையும் கூட்டி, இனிமேல் புருஷன் பெயரை உரக்கச் சொல்லிப் பழகுங்கள் என்று உத்தரவு போட்டாள். இன்றைக்கும் அந்தப் பள்ளத்தாக்கில் மட்டும் புதுப்பெண்கள் புருஷனைப் பெயர் சொல்லித்தான் அழைக்கிறார்கள். மலைக்கு அந்தப் பக்கத்தார் கல்யாணத்துக்கு வந்தால், "உங்க ஊர்ப் பொண்ணுங்க புருஷனை நாயைக் கூப்பிடற மாதிரியில்ல கூப்பிடறாங்க" என்று சிரித்துவிட்டுப் போவார்கள். உல்கான் ஒருத்திதான் சொல்லவே இல்லை. அது அவள் தனக்குப் போட்டுக்கொண்ட தண்டனை என்று ஊர் நினைத்தது. புருஷன் சாகவில்லை, அதனால் ஒப்பாரி வைக்கவும் முடியாது, கறுப்புத்துணி கட்டவும் முடியாது. தன்னை மறுபடி பெண் கேட்டு வந்தவர்களை வேண்டாமென்றாள். வயிற்றிலிருந்த மகள் பிறந்தாள், கோடைதோறும் அப்பாவின் முதுகைப் பார்த்து வளர்ந்தாள், அப்பாவின் வயதை எட்டினாள், தாண்டினாள். மாமியாரோ ஒவ்வொரு கோடையும் மருமகளின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள்: உன் நாக்கைக் கட்டியவள் நான், என் பிள்ளையை விழுங்கியவள் நான்.

இப்போது குதிரையிலிருந்து சரிந்து இறங்கி, ஊன்றுகோலை வீசிவிட்டு, கருங்கல்லை நோக்கி நடந்தாள் பாத்மா. உல்கான் இடுப்பைக் கட்டிப் பிடித்தாள். கிழவி முழங்கையால் இடித்துத் தள்ளினாள். மடியில் வைத்து வளர்த்த உடம்பு அது, தனியாக நிற்கிறது, சாகிறதுக்குள் போய்ச் சேரவேண்டும் என்றாள்.

"நான் போட்ட கட்டு. நானே போய் அவுக்கறேன். விடு."

உல்கான் கையை விட்டாள். பிறகு, "குபாத்" என்றாள்.

திக்கவில்லை, தடுமாறவில்லை. நெடுநாள் பழகிய வாயிலிருந்து வருவதுபோல் வந்தது. கல்லைத் தாண்டத் தூக்கிய காலை பாத்மா இந்தப் பக்கமே வைத்தாள்.

"அன்னிக்கும் இப்படித்தான் கூப்பிட்டேன், அத்தை. நீங்க கட்டின கட்டு என்னைத் தடுக்கலை."

கணவாய்க்குள் குபாத்தின் கால் மயிரிழை அளவு இறங்கியது. குதிரை புல்லைக் கடித்தது. பாத்மா கல்லோரத்தில் மெல்ல உட்கார்ந்தாள்.

"ஏண்டி இத்தனை வருஷமா சொல்லலை?"

"வழி தெரியாமப் போயிட்டான்னு நம்பிட்டு இருந்தீங்க. அதையும் எப்படிப் பிடுங்குவேன்?"

கிழவி வெகுநேரம் மகனின் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தாள். அன்றைக்கு மூடுபனி, ஒருவேளை அவன் காதில் விழாமல் போயிருக்கும் என்று, பிச்சை கேட்பதுபோல் கேட்டாள்.

"விழுந்துச்சு, அத்தை. திரும்பினாரு. என்னைப் பாத்தாரு, கல்லைப் பாத்தாரு. தொப்பியை நல்லா அழுத்தி வெச்சுக்கிட்டு, தாண்டிப் போனாரு."