மேளம் நின்ற முகூர்த்தம்

ஹந்தானை மலை முனகத் தொடங்கி இரண்டு வருஷமாகிறது. முதலில் கண்டியில் ஒருவரும் அதைப் பெரிதாக எடுக்கவில்லை. கூட்ஸ் ஷெட் பஸ் ஸ்டாண்டின் இரைச்சலில் மலை முனகினால் என்ன, ஒப்பாரி வைத்தால்தான் என்ன, யாருக்குக் கேட்கும்? பிறகுதான் அந்த அதிர்வு சிலருடைய எலும்புக்குள் போய்க் குடியேறியது. அந்த நோய்க்கு ஊர் வைத்த பெயர் அவிழல். காய்ச்சல் இல்லை, வலி இல்லை. பிடித்தவரின் கைக்கெட்டும் தூரத்தில் எந்த முடிச்சும் நிற்காது, அவ்வளவுதான். சப்பாத்துக் கயிறு, பார்சல் நூல், பூச்சரம், எல்லாம் தானாக நழுவிவிடும். சத்தமில்லாத இடத்தில் முடிச்சு தாங்கும். பஸ் எஞ்சினோ மேளமோ பக்கத்தில் அதிர்ந்தால் தீர்ந்தது கதை. டாக்டர்மார் மருந்து இல்லை, அமைதியாக இருங்கள் என்றார்கள். கண்டி டவுனில் இருந்துகொண்டு அமைதியாக இருப்பதாம்!

ஜெயராணிக்குப் போன மழைக்காலத்தில் பிடித்தது. அவள் வேலை செய்யும் புடவைக் கடையில், அவள் கட்டிய பார்சல்கள் கை மாறுமுன்பே பிரிந்தன. டேப் ஒட்டிச் சமாளித்தாள். தலைமுடிக்குக் கிளிப், உடுப்புக்கு ஊக்கு. விஷயம் தெரிந்தது அவளுடைய அம்மா பாப்பம்மாவுக்கு மட்டும்.

"மூச்சு விட்டுறாத. மொதல்ல ஒங்கண்ணன் கல்யாணம் முடியட்டும். கடுகண்ணாவையில இருந்து ஒனக்கும் சம்மந்தம் பேசி வர்றாங்க. இது தெரிஞ்சா எவன் வருவான்?"

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்துவிடலாம் என்று நம்புகிறவர்களில் பாப்பம்மா முதல் ஆள்.

ஆனால் அண்ணன் தினேஸுக்குத் தங்கை என்று இருப்பது இவள் ஒருத்திதான். தாலியில் மாப்பிள்ளை முதல் முடிச்சைப் போட, மற்ற இரண்டையும் நாத்தனார் போட வேண்டும். அதுவும் கெட்டிமேளம் முழங்குகிற நேரத்தில். அவிழலுக்கு இதைவிடப் பெரிய விருந்து எங்கே கிடைக்கும்?

"நான் போடலம்மா. சித்தி மக போடட்டும்."

"கூடப்பொறந்தவ நீ கல்லு மாதிரி இருக்கும்போது அவ போட்டா, சபையில நாலு பேரு என்னான்னு கேக்க மாட்டாங்களா? நான் பாத்துக்கிறேன்."

பாப்பம்மா பார்த்துக்கொண்ட லட்சணம், மஞ்சள் கயிற்றில் மெழுகுதிரியைத் தேய்த்து வைத்ததுதான். மெழுகு பிடித்துக்கொள்ளுமாம். ஜெயராணியும் நம்பினாள். நம்பாமல் வேறு என்ன செய்வது என்று அவளுக்குத் தெரியவில்லை.

மணப்பெண் கஜனி வேறு யாருமல்ல. அதே புடவைக் கடையில் ஜெயராணியோடு வேலைக்கு நின்றவள், ஒரே சாப்பாட்டுப் பெட்டியில் கை வைத்தவள். அண்ணனுக்கு இவளைப் பாருங்கள் என்று வீட்டில் முதலில் சொன்னதே ஜெயராணிதான். அந்தக் கஜனியின் பின்னால்தான் அன்று கோயில் மண்டபத்தில் போய் நின்றாள்.

"கெட்டிமேளம்! கெட்டிமேளம்!" என்று ஐயர் குரல் கொடுத்தார். தவில் வெடித்தது. தினேஸ் முதல் முடிச்சைப் போட்டுவிட்டுக் கையை எடுத்தான். ஜெயராணி குனிந்து கயிற்றைத் தொட்டாள். அண்ணன் போட்ட முடிச்சு அவள் விரலுக்குள்ளேயே வழுக்கிப் பிரிந்தது. மெழுகாவது மண்ணாவது! இரண்டு நுனியையும் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். கஜனியின் தலையிலிருந்து மல்லிகை ஒவ்வொன்றாக உதிர்ந்தது. கழுத்தில் கயிறு நகர்ந்ததை உணர்ந்திருக்க வேண்டும், கஜனியின் முதுகு விறைத்தது.

மணவறைக்குப் பக்கத்தில் நின்ற பாப்பம்மா, கட்டியதாகக் காட்டிவிட்டு வா என்று கண்ணாலேயே அதட்டினாள். அப்படியும் செய்யலாம்தான். மாலையின் மறைவில் கொஞ்ச நேரம் தெரியாது. அம்மி மிதிக்கும்போதோ பெரியவர் காலில் விழும்போதோ தாலி தரையில் விழும். அப்போது ஜெயராணியை யார் நினைப்பார்கள்? பெண்ணுக்குத்தான் அவிழல் என்பார்கள், இல்லையென்றால் ராசி கெட்டவள் என்பார்கள். உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா? அந்தப் பேச்சு கஜனியை ஆயுசு முழுக்கத் துரத்தும்.

"மேளத்த நிறுத்துங்க!"

தன் குரல்தான் அது என்று அவளுக்கே ஒரு கணம் கழித்துத்தான் தெரிந்தது. அபசகுனச் சத்தம் எதுவும் காதில் விழக்கூடாது என்பதற்காக அடிப்பது கெட்டிமேளம். அதையே நிறுத்தச் சொன்ன நாத்தனாரை அந்த மண்டபம் கண்டதில்லை. தவில்காரரின் கை அந்தரத்தில் நின்றது.

"எனக்கு அவிழல் இருக்கு. அண்ணன் போட்ட முடிச்சு நிக்கல. கஜனி மேல ஒரு குத்தமும் இல்ல. வேற யாராச்சும் வந்து கட்டுங்க."

ஒருவரும் வரவில்லை. ஜெயராணி கயிற்றை அண்ணனிடம் கொடுத்துவிட்டு விலகப் போனாள். கஜனி திரும்பிப் பார்க்காமலேயே கையைப் பின்னால் நீட்டி அவள் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"அதான் மேளம் நின்னுருச்சே. நீயே கட்டு."

"வேணாம் கஜனி."

"ஒன்ன நம்பித்தானே இந்த வீட்டுக்கு வாறேன்? கட்டு."

ஐயர் முகூர்த்தம் போகிறது என்று சைகை காட்டினார். தினேஸ் மறுபடி முதல் முடிச்சைப் போட்டான். மண்டபத்தில் மூச்சுச் சத்தம்கூட இல்லை. அழுத பிள்ளையின் வாயைத் தாய் பொத்திக்கொண்டாள். ஜெயராணி இரண்டாவதைப் போட்டாள், மூன்றாவதைப் போட்டாள், இழுத்துப் பார்த்தாள். மூன்றும் நின்றன. அவளுக்குக் கண் நிறைந்துவிட்டது. இத்தனை மாதத்தில் நாலு பேர் பார்க்க அவள் கை கட்டிய ஒன்று நின்றது அன்றைக்குத்தான்.

மேளம் இல்லாமல் ஏறிய தாலி என்று பின்வரிசையில் முணுமுணுப்பு ஆரம்பித்தது. ஜெயராணி அருகில் இருக்கும்வரை மேளம் அடிக்க முடியாது. எனவே மணவறையை விட்டு இறங்கி, கதிரைகளில் உட்கார்ந்திருந்தவர்களுக்கு நடுவே வாசலை நோக்கி நடந்தாள்.

அவள் கடந்துபோகப் போக, இருபுறமும் இருந்த பெண்கள் தங்கள் கழுத்துக்குக் கையைக் கொண்டுபோனார்கள். மஞ்சள் கயிறு கட்டியிருந்தவர்கள் பொத்திப் பிடித்ததில் நியாயம் உண்டு. தாலியைத் தங்கக்கொடியில் கோத்துப் போட்டவர்களும் பிடித்தார்கள். கொடியில் அவிழ்வதற்கு முடிச்சே கிடையாது.

வாசலில் நின்று ஒருமுறை திரும்பினாள். கஜனி நிமிர்ந்து உட்கார்ந்து அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். கைகள் மடியில் கிடந்தன. அவள் தன் கழுத்தைத் தொட்டுப் பார்க்கவில்லை. மணவறை ஓரத்தில் அம்மா நின்றாள். பாப்பம்மா போட்டிருந்ததும் தங்கக்கொடிதான். அவள் கையும் அதைப் பொத்திக்கொண்டிருந்தது. மகள் பார்த்துவிட்டாள் என்று தெரிந்ததும் சட்டென்று கையை இறக்கி, முந்தானையைச் சரிசெய்வதுபோல் காட்டினாள்.

ஜெயராணி படியிறங்கி ரோட்டுக்கு வந்தாள். அவள் போதுமான தூரம் போய்விட்டாளா என்று யாரோ எட்டிப் பார்த்த பிறகு, உள்ளே மேளம் அடிக்கத் தொடங்கியது.