உச்சிக்கு மேல் வரும் நோவு

விடிவதற்கு முன்பே லாரியின் பின்பலகையைத் தட்டிக் கழற்றிவிட்டார்கள். மலைச் செம்மண் அப்பிய மரவள்ளிக் குச்சிக்கிழங்குகள் தடதடவென்று சரிந்து விழுந்ததில் சிமெண்டுத் தளம் அதிர்ந்தது. சுற்றிக் குந்தியிருந்த பெண்கள் யாரும் நகரவில்லை. புழுதி அடங்கும்வரை முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டார்கள். அடங்கியதும் கத்தியைக் கையில் எடுத்தார்கள்.

சாலம்மாளின் கத்தி எல்லோருக்கும் முன்னால் ஓடியது. கிழங்கின் முதுகில் நீளவாக்கில் ஒரு கீறல். கட்டைவிரலை உள்ளே நுழைத்து ஒரு நெம்பல். சட்டையைக் கழற்றுவதுபோல் தோல் மொத்தமாக உரிந்துவர, வெள்ளைக் கிழங்கு பின்னாலிருந்த தொட்டியில் போய் விழும். விழுந்த சத்தம் கேட்பதற்குள் அடுத்த கிழங்கில் கீறல் பட்டிருக்கும். கிழங்குப்பால் பட்டுப் பட்டு விரலிடுக்கெல்லாம் வெந்து வெடித்திருந்ததை அவள் பொருட்படுத்தவில்லை. ஒரு நாளில் அவளுக்குச் சொந்தமானது காலைப்பொழுது மட்டும்தான். உச்சிக்கு மேல் வழிப்பறி நடக்கும் என்று தெரிந்தவள், அதற்குள் கைச்சரக்கை விற்றுத் தீர்ப்பதைப் போல வேலை செய்தாள்.

"மெதுவாத்தான் சீவேன்டி. கிழங்கு எங்கயாவது ஓடிப்பூடுமா?" என்றாள் பக்கத்திலிருந்த ஜெயம்மாள்.

"கிழங்கு ஓடாது. என் கைதான் ஓடிப்பூடும்."

இருவரும் சிரித்தார்கள். காலையில் சாலம்மாளுக்குச் சிரிக்க வரும்.

நோவு வந்து இரண்டு வருஷமாகிறது. முதலில் வலதுகண் இமை தானாக இறங்கும், பிறகு இடது. வெயில் ஏற ஏறக் கைகள் ஈரச் சாக்குபோல் கனத்துவிடும். அவிழ்ந்த கொண்டையை முடியக் கையைத் தூக்கினால் பாதி வழியில் கை விழுந்துவிடும். சாயங்காலம் சோற்றை மெல்லும்போது தாடை நடுவில் நின்றுபோகும். பேச்சு மூக்கு வழியாக வரும். சிரித்தால் முகம் பல்லை இளித்துச் சீறுவதுபோல் கோணும் என்று தெரிந்தபின், மாலையில் சிரிப்பதையே விட்டுவிட்டாள். புருஷன் சடையன் சோற்றைக் கஞ்சியாகக் கரைத்து வாயில் ஊற்றுவான். அதிலும் பாதி மூக்கில் ஏறிப் புரையேறும். இருட்டியபின் ஒதுங்கப் போகவும் அவன் கை வேண்டும். முப்பது வயதில் புருஷன் தோளைப் பிடித்துக்கொண்டு காட்டுக்குப் போகிறோமே என்பதுதான் அவளுக்கு நோவைவிடப் பெரிய நோவு.

ஆனால் படுத்துத் தூங்கி எழுந்தால் எல்லாம் போயிருக்கும். முந்தின நாள் அவதி முழுக்க விடிந்ததும் பொய்யாகிவிடும். அக்கம்பக்கத்தில் பொய்க்காரி என்றார்கள். பூசாரி ஒருவர் வேப்பிலையால் அடித்துப் பார்த்தார். மூன்று தடவை ஆஸ்பத்திரிக்கும் போய் வந்தாள். சத்து மாத்திரையும் டானிக்கும் கொடுத்து, "உனக்கு ஒன்னுமில்லம்மா. மனசுல ஏதாவது கவலையா?" என்று கேட்டு அனுப்பினார்கள். உண்மையிலேயே எனக்கு ஒன்றுமில்லையோ, உடம்பு வளைய மறுக்கிற சோம்பேறிதானோ என்று அவளே தன்னைச் சந்தேகப்பட ஆரம்பித்திருந்தாள்.

கள்ளக்குறிச்சியைத் தாண்டிச் சின்னசேலம் சாலையில் இருந்த அந்த ஜவ்வரிசி மில்லில் அவள் தாக்குப்பிடித்ததற்குக் காரணம் கூட்டு அம்பாரம்தான். ஒரு செட்டுப் பெண்கள் ஒரே குவியலைச் சுற்றி உட்கார்ந்து சீவுவார்கள், மொத்தமாக எடை, கூலி சமபங்கு. மில் தொடங்கிய நாளிலிருந்து அதுதான் வழக்கம். காலையில் சாலம்மாள் இரண்டு ஆள் வேலை செய்வாள். உச்சிக்கு மேல் காலால் கிழங்கை மற்றவர்கள் பக்கம் தள்ளிக்கொடுத்து உட்கார்ந்திருப்பாள். செட்டு அதைக் கண்டும் காணாமல் விட்டிருந்தது.

பச்சையம்மாள் மட்டும் விடவில்லை. அவள் பக்கத்துக் கிராமத்து உழவர் வீட்டுப் பெண். இருந்த காணியும் கடனில் போனபிறகு கத்தியெடுக்க வந்தவள். சாலம்மாளும் ஜெயம்மாளும் கருணாபுரத்துச் சேரிச் சனம். கிழங்குக் குவியல் ஒன்றாக இருந்தாலும் குடிதண்ணீர்க் குடம் இரண்டு இருந்தது. "என் பங்குல தின்னுக்கினு குந்திக்கினு இருக்கா," என்று பச்சையம்மாள் சாலம்மாளின் காதில் விழும்படியே சொல்லுவாள்.

அது எண்பத்தேழு புரட்டாசி. பச்சையம்மாளின் சாதிக்காரர்கள் இட ஒதுக்கீடு கேட்டு நடத்திய மறியலில் சாலையெங்கும் மரங்கள் வெட்டிச் சாய்க்கப்பட்டு, கல்வராயன் மலையிலிருந்து வந்த கிழங்கு லாரிகள் வழியிலேயே நின்றுபோயின. பச்சையம்மாளின் மகன் வெற்றிவேல் மறியலுக்குப் போய்க் கடலூர் சிறையில் இருந்தான். பாதை திறந்ததும் அன்றைக்கு விடியலில் அத்தனை லாரியும் ஒன்றாக வந்து இறங்கின. பிடுங்கி நாலு நாளானால் குச்சிக்கிழங்கு உள்ளே நீலம் பாய்ந்து கறுத்துவிடும். அப்புறம் மாவுக்கு ஆகாது.

முதலாளி செல்லமுத்து பல்குச்சியோடு வந்து அம்பாரத்தின் முன்னால் நின்றார்.

"மரத்தை வெட்டுனவன் எவனோ, நஷ்டம் எனக்கு. நாளைக்குள்ள இது அத்தனையும் அரவைக்குப் போவணும். இன்னிலேர்ந்து கூட்டு அம்பாரம் கெடையாது. ஆளுக்கொரு குவியல், ஆளுக்கொரு எடை. சீவுறவளுக்குக் கூலி. சீவாதவளுக்கு அதோ இருக்குது மில்லு கேட்டு."

"இத்தினி வருசமா ஒன்னாத்தானுங்களே மொதலாளி சீவறோம்?" என்றாள் ஜெயம்மாள்.

"அதான் கும்பலுக்குள்ள சோம்பேறிங்க ஒளிஞ்சிக்கினு இருக்கறது." அவர் பார்வை சாலம்மாள்மேல் நின்றது.

"நல்ல ரோசனைதான்," என்று முனகிக்கொண்டே பச்சையம்மாள் எதிர்ப்பக்கமாகத் தள்ளி உட்கார்ந்துகொண்டாள்.

மேஸ்திரி வேடியப்பன் குவியல் பிரித்தான். பச்சையம்மாளுக்கு வந்தது, மறியலில் அதிக நாள் நின்ற லாரியின் கிழங்கு. உச்சிக்குள் எடை பார்த்தபோது, கறுத்ததையெல்லாம் ஒவ்வொன்றாகப் பொறுக்கி வெளியே வீசினான்.

"ஏம்பா, அதையுந்தான சீவிக் குடுத்தேன்? கறுத்தது என் குத்தமா?"

"சீவுனதுக்கு இல்ல, எடைக்குத்தான் கூலி. மொதலாளி சொன்னது காதுல விழல?"

கூட்டு அம்பாரத்தில் கறுத்ததும் வெளுத்ததும் எல்லோர் தலையிலும் சமமாக விழுந்திருக்கும். பச்சையம்மாள் வெளியே வீசப்பட்ட கிழங்குகளைப் பார்த்துக்கொண்டு நின்றாள். முதல் எடையில் முந்தியிருந்தவள் சாலம்மாள்தான்.

அந்தப் பெருமை நீடிக்கவில்லை. வெயில் தகரக் கூரையில் இறங்கியது. மாவுத் தொட்டிகளின் புளித்த நாற்றம் தளத்துக்கு வந்தது. சாலம்மாளுக்கு ஒவ்வொரு கிழங்கும் இரண்டாகத் தெரிந்தது. இமைகள் இறங்கின. நெற்றியைச் சுருக்கி, தலையைப் பின்னால் சாய்த்து, மீதமிருந்த இடுக்கு வழியாகப் பார்த்துச் சீவினாள். யாராவது பார்த்தால் முகத்தைக் கவிழ்த்துக்கொண்டாள். கத்தி நழுவியது. எடுத்தாள். மறுபடி நழுவியது. தள்ளிக்கொடுக்கப் பக்கத்தில் பொதுக்குவியல் இல்லை.

"மொதலாளி! இங்க வந்து பாருங்க கூத்த!" என்று வேடியப்பன் கூப்பிட்டான்.

செல்லமுத்து வந்து குனிந்து பார்த்தார். சொருகிய கண், தொங்கிய வாய், ஆடுகிற தலை.

"பட்டப்பகல்லயே ஊத்திக்கினு வந்துட்டியா?"

"நா... குடிக்க மாட்டங்க..." என்றாள் சாலம்மாள். குரல் மூக்கில் குழறிக்கொண்டு வந்தது. அந்தக் குழறலே அவளுக்கு எதிராகச் சாட்சி சொன்னது.

"பேச்சே சொல்லுதே! வேடியப்பா, வாய ஊதச் சொல்லு."

வேடியப்பன் அவள் தாடையைப் பிடித்து நிமிர்த்தினான். "ஊது."

அவள் ஊதப் பார்த்தாள். கன்னத்தில் காற்று நிற்கவில்லை. உதட்டோரத்தில் எச்சில்தான் வழிந்தது.

"ஊதாம ஏமாத்தறா மொதலாளி."

"அவ வாயில இன்னா வாடை வரும்? உங்க மில்லுத் தொட்டி வாடைதான் வரும்!" என்று ஜெயம்மாள் கத்தினாள்.

"நீ வாய மூடு. இவ இன்னியோட நின்னுக்கட்டும். நாளைக்கி இந்தக் கேட்டாண்ட நிழல்கூடப் படக்கூடாது."

அப்போது பச்சையம்மாள் எழுந்தாள்.

"மொதலாளி, காலைலேர்ந்து அவ என் எதிர்லதான் குந்திக்கினு இருக்கா. பச்சத்தண்ணி தவிர ஒன்னும் குடிக்கல."

"நீ ஏம்மா இவளுக்குப் பேசற? உன் தெரு எது, அவ தெரு எது? உன் மவன் எதுக்காவ உள்ள போயிக்கீறான்?"

"எம் மவனப் பத்தித்தான் பேசறேன்." பச்சையம்மாளின் குரல் உயரவில்லை. "அவனையும் போலீசுல இப்பிடித்தான் தாடையப் புடிச்சி ஊதச் சொன்னாங்க. சாராய வாடைக்கே கொமட்டறவன் அவன். குடிச்சிட்டுக் கலாட்டா பண்ணான்னு சொல்லி இழுத்துக்கினு போனாங்க. இவ மேல எனக்கொன்னும் பாசம் பொத்துக்கினு வரல. ஆனா இவ குடிக்கல. இல்லாதத நீங்க சொல்லக் கூடாது."

"அப்ப நோவா? நோவுன்னா டாக்டர் சொல்லட்டும்! மூணு தரம் போனாளே, இன்னா சொன்னாங்க?"

வேடியப்பன் சிரித்தான்.

சாலம்மாள் வாயைத் திறந்தாள். "கால... கால..." அதற்குமேல் நாக்கு புரளவில்லை.

"காலுக்கு இன்னாடி?" என்று குனிந்த ஜெயம்மாள் அவள் முகத்தையே பார்த்தாள். ஒருமுறை ஆஸ்பத்திரிக்கு அவளும் கூடப் போயிருந்தாள். அன்று காலையில் இதே தலையைச் சீவிப் பின்னியவள் அவள்தான். சட்டென்று தன் நெற்றியில் அடித்துக்கொண்டாள்.

"அடிப் பாவி, காலைலயா! நாமதான்டி கெட்டோம்! அழுக்கா போனா அசிங்கமா பாப்பாங்கன்னு, ஒரு நாளு வேலைய வுட்டுட்டு, படுத்தெழுந்து, குளிச்சி முழுவி, திருவிழாவுக்குப் போறவ மாரி போயி நின்னோம். சீட்டுக் குடுக்கறதே காலைலதான். அப்ப இந்தக் கண்ணு எப்பிடி இருந்துச்சி? பொட்டாட்டம் முழிச்சிக்கினு இருந்துச்சி! டாக்டரு எதப் பாத்திருப்பாரு?"

தளத்தில் ஒரு கத்தியும் ஓடவில்லை.

"அப்பிடின்னா இப்ப போவணும்," என்றாள் பச்சையம்மாள். "இப்பிடியே போவணும். மூஞ்சிகூடத் தொடைக்காத."

"சங்கு ஊதறதுக்கு முன்னால எவ கேட்டத் தாண்டுனாலும் செட்டுக்கே இன்னிக் கூலி கெடையாது," என்றார் செல்லமுத்து. "கிழங்கு கறுத்துப் போச்சின்னா அதையும் உங்க தலைலதான் கட்டுவேன்."

வேலை செய்துவிட்டு வெறுங்கையோடு வீட்டுக்குப் போவது எப்படியிருக்கும் என்று அங்கே எல்லோருக்கும் தெரியும். பெண்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். சாலம்மாள் வேண்டாம் என்று தலையசைக்கப் பார்த்தாள். தலை முன்னால் தொங்கியது.

"உங்க தலைலன்னு சொன்னாரே, கேட்டீங்களா?" என்றாள் ஜெயம்மாள். "எடை போடறதுக்கு மட்டும் தனித்தனித் தலை. நஷ்டம் கட்டறதுக்கு ஒரே தலையாம்!"

ஒருத்தி களுக்கென்று சிரித்துவிட்டாள். அந்தச் சிரிப்பில் பயம் கொஞ்சம் உடைந்தது. பச்சையம்மாள் கையிலிருந்த கத்தியைக் கீழே போட்டாள். அதன்பிறகு கத்திகள் சிமெண்டில் விழும் சத்தம் தளம் முழுக்கக் கேட்டது. வீட்டில் பால்குடிப் பிள்ளை வைத்திருந்த சின்னக்கண்ணு மட்டும் குவியலுக்கு முன்னால் உட்கார்ந்திருந்தாள்.

சாலம்மாளின் ஒரு கையை ஜெயம்மாள் தன் தோளில் போட்டுக்கொண்டாள். இன்னொரு கை தொங்கியது. பச்சையம்மாள் ஒரு நொடி தயங்கினாள். பிறகு அந்தக் கையை எடுத்துத் தன் கழுத்தைச் சுற்றிப் போட்டுக்கொண்டாள்.

"என்னிக்குமே இவ்ளோ கனமாடி நீ?" என்றாள்.

கேட்டைத் தாண்டி நடந்தார்கள். மறியலில் சாய்ந்த புளியமரங்களை அறுத்து ஓரத்தில் தள்ளியிருந்தார்கள். இலைகள் சருகாகியும் சாலையில் கிடந்தன. தார் கொதித்தது. கொஞ்ச தூரம் போனபின் பின்னால் ஓடிவரும் சத்தம் கேட்டது. சின்னக்கண்ணு. "தனியா குந்தியிருக்க ஒரு மாரியா இருந்துச்சி," என்று மூச்சு வாங்கினாள். பச்சையம்மாள் களைத்தபோது அவள் வந்து தோள் மாற்றிக்கொண்டாள்.

டவுன் ஆஸ்பத்திரியில் கம்பவுண்டர் வாசலிலேயே கையை நீட்டித் தடுத்தார்.

"சீட்டு நேரம் முடிஞ்சிபோச்சி. காலைல வாங்க."

"காலைல வந்தா நோவு இருக்காதுங்க," என்றாள் ஜெயம்மாள்.

"நோவு இல்லன்னா எதுக்கு வர்றீங்க?"

"அதான் இப்ப வந்தோம்!"

"டாக்டர் ரெஸ்ட்ல இருக்காரு. அவசரக் கேசு மட்டுந்தான்."

"அவளுக்கு முழுங்க முடியல, முழிக்க முடியல. இதுக்கு மேல அவசரம்னா பாடைதான் கட்டணும்," என்றாள் பச்சையம்மாள். அவரைத் தாண்டிப் போய் வராந்தாவின் நடுவில் சம்மணமிட்டு உட்கார்ந்தாள். பின்னாலேயே செட்டு முழுக்க உட்கார்ந்தது. மண்ணும் கிழங்குப்பாலும் அப்பிய கால்கள் வராந்தாவை அடைத்தன. கம்பவுண்டர் சத்தம் போட்டார். போலீசைக் கூப்பிடுவேன் என்றார். பிறகு முணுமுணுத்துக்கொண்டே உள்ளே போனார்.

வேடியப்பன் சைக்கிளில் வந்து வாசலில் இறங்கினான்.

"மொதலாளி கடைசியா சொல்லி அனுப்பினாரு. இப்பவே திரும்புனா கூலி உண்டு. இவ மட்டும் வேணாம். கிழங்கு கறுத்துக்கினு இருக்குது."

"கறுக்கட்டும்," என்றாள் ஜெயம்மாள். "கூட்டு அம்பாரம்னாத்தான் நாளைக்குக் கத்தியத் தொடுவோம். இவளும் இருப்பா. போயி சொல்லு."

"வெளியூர்லேர்ந்து ஆள எறக்கிடுவாரு."

"எறக்கட்டும். அவங்க கிழங்கும் கறுக்குமில்ல, அவங்களுக்கும் கூலி வெட்டுதான? அவங்களாண்டயும் பேசிக்கறோம்."

அவன் போகவும் இல்லை, உள்ளே வரவும் இல்லை. சைக்கிளைப் பிடித்துக்கொண்டே நின்றான்.

சாலம்மாள் இரண்டு பக்கத் தோள்களுக்கும் நடுவில் சாய்ந்திருந்தாள். நாளைக்கு என்ன ஆகும் என்று அவளுக்குத் தெரியவில்லை. அவளுக்கு வந்திருப்பதற்கு ஒரு பெயர் உண்டா, இந்த டாக்டருக்காவது அது தெரியுமா, அதுவும் தெரியாது. இத்தனை பேர் கூலி தன்னால் போயிற்றே என்று நெஞ்சு அடித்துக்கொண்டது. அதைச் சொல்ல வாய் வரவில்லை. முதுகில் பச்சையம்மாளின் கை அழுத்திப் பிடித்திருந்தது மட்டும் தெரிந்தது.

உள்ளே ஒரு கதவு திறந்தது. செருப்புச் சத்தம் வராந்தாவை நோக்கி வந்தது.

யாராவது எதிரே வந்தால் நெற்றியைச் சுருக்கி இமையைத் தூக்கிப் பிடிப்பதும், முகத்தைக் கவிழ்த்துக்கொள்வதும் இரண்டு வருஷத்துப் பழக்கம். பழக்கதோஷத்தில் நெற்றி இப்போதும் சுருங்கியது.

"வுட்ரு," என்றாள் பச்சையம்மாள். "மறைக்காத. நல்லா பாக்கட்டும்."

சாலம்மாள் முகத்தை வெளிச்சத்துக்கு நேராகத் திருப்பினாள். நெற்றியைத் தளர்த்தி, இமைகளை அவற்றின் போக்கில் விழவிட்டாள்.