திரும்பி வராத அச்சாரம்

கண்ணாடித் தடுப்புக்குக் கீழே இருந்த சின்னச் சந்து வழியாக அவர் பணத்தை உள்ளே தள்ளினார். கவுன்ட்டரில் இருந்த பெண் அதை உடனே எடுக்கவில்லை. சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டுத்தான் தொடுவேன் என்பதுபோலக் கையை மேசையின்மேல் வைத்துக்கொண்டாள்.

"சார், இது விண்ணப்பக் கட்டணம் மட்டும்தான். விசா கிடைச்சாலும் கிடைக்கலைன்னாலும் இந்தப் பணம் திரும்ப வராது. புரியுதுங்களா?"

"அச்சாரம்னா அப்படித்தானேம்மா," என்றார் அவர்.

"அச்சாரம் இல்ல சார். கட்டணம்."

"பேர்ல என்னம்மா இருக்கு. எடுத்துக்கோங்க."

பின்னால் வரிசை வளர்ந்துகொண்டிருந்தது. ஒரு கைக்குழந்தை வேறு வீறிட்டுக்கொண்டிருந்தது. அந்தப் பெண் இதற்கு மேல் வாதாடவில்லை. பணத்தை எண்ணி, முத்திரை குத்தி, ரசீதைச் சந்து வழியே அனுப்பி, நேர்காணலுக்கு அழைப்பு வரும் என்று சொல்லிவிட்டு, அடுத்த ஆளைக் கூப்பிட்டாள். அவர் ரசீதை நாலாக மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்து, மேலே ஒரு தட்டுத் தட்டிக்கொண்டார். வியாபாரம் முடிந்துவிட்டது.

இதில் அவரைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. கடைத்தெருவில் அவருக்குப் பெயரே அச்சாரம்தான். பழைய மேசை, நாற்காலி, பீரோ வாங்கி, சீவி, மெருகேற்றி விற்கும் தொழில். ஒருவர் ஒரு சாமானைப் பார்த்துப் பிடித்துப்போய்க் கையில் இருந்ததை அச்சாரமாகக் கொடுத்துவிட்டால், அதன்பிறகு அது அவருடையது. மறுநாளே வேறொருவர் வந்து இரண்டு மடங்கு தருகிறேன் என்றாலும் அச்சாரம் அசைய மாட்டார். "அது போயிருச்சுங்க," என்பார், சாமான் கண்ணெதிரே நின்றுகொண்டிருக்கும்போதே. ஒருமுறை, அச்சாரம் கொடுத்த ஆள் வராமலே போனதால் ஒரு புத்தக அலமாரி மழையும் வெயிலும் பார்த்து வாசலிலேயே இற்றுப்போனது. விற்றிருக்கலாமே என்று கேட்டவர்களை, பெற்ற பிள்ளையை விற்கச் சொன்னதுபோலப் பார்த்தார். காசை வாங்கிக்கொண்டு கையை விரிப்பவனை அவர் மனிதக் கணக்கிலேயே சேர்ப்பதில்லை. ஒரு கடைக்காரனுக்கே இவ்வளவு நாணயம் இருக்கும்போது, கொடியும் முத்திரையும் வைத்திருக்கிற ஓர் அரசாங்கத்துக்கு இருக்காதா?

வெளியே வந்து படிக்கட்டின் ஓரமாக நின்று மனைவிக்குப் போன் செய்தார்.

"கட்டியாச்சும்மா. அச்சாரம் கொடுத்துட்டேன்."

மறுமுனையில் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்டது. குழாயை மூடினாள்.

"கட்டிட்டீங்களா?"

"ரசீது பையில இருக்கு. இனி நம்ம பொருள்தான். ஒரு மாசம் உன்னோட வந்து உக்காந்துக்கிறேன். என்னை வச்சுச் சோறு போட முடியுமான்னு யோசிச்சு வை."

அவள் சிரிக்கவில்லை. மூக்கை உறிஞ்சுகிற சத்தம் மட்டும் கேட்டது. பிறகு, "வாங்க," என்றாள், "வந்துடுங்க." அழுகிறாளோ என்று அவருக்குத் தோன்றியது. சந்தோஷத்தில் பெண்கள் அழுவது உண்டு என்று எடுத்துக்கொண்டார். அவளைப்போல அங்கே வேலை பார்க்கிற பெண்களில் எத்தனை பேருடைய புருஷன்மார் இப்படிப் பணம் கட்டி, வெறும் கையோடு வீடு திரும்பினார்கள் என்பது அவளுக்குத் தெரியும். அதை அந்த நிமிடத்தில் சொல்ல அவளுக்கு வாய் வரவில்லை.

மகளின் படிப்புக்காக இரண்டு வருடம் என்று சொல்லித்தான் வெளிநாடு போனாள். படுக்கையில் விழுந்துவிட்ட ஒரு பெரியம்மாளைப் பார்த்துக்கொள்கிற வேலை. இரண்டு நான்கானது, படிப்பு கல்யாணமானது. பெரியம்மாள் வேறு யார் கையாலும் ஒரு வாய் தண்ணீர்கூடக் குடிக்க மாட்டேன் என்று பிடிவாதமாக உயிரோடு இருந்தாள். விட்டுவிட்டு வந்தால் வேலையும் போகும், அங்கே இருப்பதற்கான அனுமதியும் போகும். மகள் கல்யாணத்துக்கு ஒருமுறை வந்தாள். வந்தவளைச் சொந்தக்காரர்கள் பங்கு போட்டுக்கொண்டார்கள். வீடு நிறையப் பாய் விரித்துக் கிடந்த கூட்டத்தில் அவள் ஒரு மூலையிலும் அவர் ஒரு மூலையிலும் படுத்தார்கள். பந்திக்கு ஆள் கூப்பிடும்போதும், வாடகைச் சாமான் கணக்குப் பார்க்கும்போதும் பேசிக்கொண்டதுதான். விமான நிலையத்தில், "உடம்பப் பாத்துக்கோங்க," என்று அவளும், "நீயும்," என்று அவரும் சொன்னார்கள். அடுத்த வீட்டுக்காரர்கள்கூட இதைவிடக் கூடுதலாகப் பேசிக்கொள்வார்கள்.

அவருக்கு அவளைப் பார்க்க வேண்டும். அவ்வளவுதான் விஷயம். தினமும் போனில் பார்க்கிறாரே என்று கேட்கலாம். போனில் தெரிவது முகம் மட்டும். சில நாள் பாதி முகமும் மின்விசிறியும். அவள் நடந்து பார்த்து எத்தனை காலமாகிவிட்டது! வலது காலைக் கொஞ்சம் அழுத்தி வைத்து, யாரையோ கண்டிக்கப் போவதுபோல நடப்பாள். அருகில் வந்து நின்றால் அவள் தலை தன் தோளுக்கு வருமா, காதுக்கு வருமா என்று ஒருநாள் பீரோவுக்குப் பாலிஷ் போடும்போது யோசித்தார். தெரியவில்லை. பயந்துபோய் வேலையை நிறுத்திவிட்டு வெளியே வந்து உட்கார்ந்துகொண்டார். அன்றைக்குத்தான் அவளிடம், "நான் வேணும்னா வரட்டுமா?" என்று கேட்டார். பெரியம்மாளின் மகன் பெருந்தன்மையானவர். ஒரு மாதம் அவளுடைய அறையிலேயே தங்கிக்கொள்ளட்டும் என்று சொல்லிவிட்டார்.

அச்சாரம் கொடுத்த பின் சும்மா இருந்தால் அவர் அச்சாரமே இல்லை. ஒரு மாதம் பூட்டிக் கிடந்தால் மரச்சாமான் என்ன ஆகும் என்று அவருக்குச் சொல்லித்தர வேண்டாம். கரையானுக்கு விருந்து வைத்ததுபோல ஆகும். அதனால் சரக்கைத் தள்ளிவிட ஆரம்பித்தார். வந்த விலைக்குப் போகட்டும், சரக்குக்கா பஞ்சம் என்றார். எதிர்க்கடைப் பூட்டுக்காரர், சாவி வெட்டுகிறவர், வாயில் ஓர் ஆணியைக் கடித்துக்கொண்டே எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அண்ணே, ஆழம் தெரியாம கால விடாதீங்க. இன்னும் அவங்க கூப்பிட்டு நாலு கேள்வி கேக்கணுமாமே?"

"கேக்கட்டுமே. பணத்த வாங்கிட்டானே."

"வாங்கிட்டா?"

"என்னய்யா வாங்கிட்டா? வாங்கினவன் கொடுத்துத்தானே ஆகணும்?"

பூட்டுக்காரர் வாயிலிருந்த ஆணியை எடுத்துப் பார்த்துவிட்டு மறுபடியும் கடித்துக்கொண்டார். ஆனால் மனிதர் காரியத்தில் கெட்டி. கடையைச் சும்மா விடுவானேன், கொஞ்ச நாளைக்குத் தன் இரும்புச் சாமான்களைப் போட்டுக்கொள்கிறேன், வாடகையைத் தானே கட்டிவிடுகிறேன் என்றார். அதுவும் நல்லதாகப் போயிற்று என்று அச்சாரம் சாவியைக் கொடுத்தார். கடைசியாகப் போனது அவர் உட்கார்ந்து கணக்கு எழுதுகிற மேசை. அதை வாங்கியவர் விலை கேட்டபோது அவர் பேரம்கூடப் பேசவில்லை. அந்தக் காசில் அவளுக்கு ஒரு கம்பளிச் சால்வை வாங்கினார். அங்கே குளிர் எலும்பைத் தொடும் என்று அவள் ஒருநாள் சொல்லியிருந்தாள். அங்கேயே நல்ல சால்வை கிடைக்கும் என்பது அவருக்குத் தோன்றவே இல்லை.

நேர்காணலுக்குச் சலவை செய்த சட்டையில் போனார். கண்ணாடிக்குப் பின்னால் ஓர் அதிகாரி. பக்கத்தில் மொழிபெயர்த்துச் சொல்ல ஒரு பெண். அதிகாரியின் முகத்தில் கோபமும் இல்லை, சிரிப்பும் இல்லை. நாள் முழுக்க மனிதர்களைப் பார்க்கிறவர்களின் முகம். இவர் பீரோவைத் தட்டிப் பார்ப்பதுபோலத்தான் அவரும் கேள்விகளால் தட்டினார்.

"உங்க மனைவி அங்க வேலை பாக்குறாங்க. நீங்க இங்க என்ன தொழில் செய்றீங்கன்னு கேக்குறாங்க," என்றாள் அந்தப் பெண்.

"பழைய மரச்சாமான் கடைங்க."

"கடை இப்ப நடக்குதா?"

பொய் சொல்ல அவருக்கு வராது. சொல்ல வேண்டும் என்றும் தோன்றவில்லை. இந்தக் கேள்விக்கு எந்தப் பதில் நல்ல பதில் என்றே அவருக்குத் தெரியாது. ஒழுங்காகத் தயாராகியிருக்கிறேன் என்று காட்டுகிற உற்சாகத்தில், "எல்லாத்தையும் வித்தாச்சுங்க. கடையையும் வேற ஆள்கிட்ட விட்டாச்சு. இங்க பாக்கி ஒண்ணும் இல்ல, நாளைக்கே கிளம்பச் சொன்னாலும் கிளம்பிடுவேன்," என்றார்.

மொழிபெயர்க்கிற பெண் ஒரு கணம் அவரைப் பார்த்தாள். பிறகு சொன்னாள். அதிகாரி எழுதுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்தார்.

"சொந்த வீடு இருக்கா?"

"வாடகைதாங்க."

"இங்க உங்களோட யார் இருக்காங்க?"

"யாரும் இல்லீங்க. பொண்ணு கட்டிக்கொடுத்து வேற ஊர்ல இருக்கு."

அதிகாரி மெதுவாக ஒன்றைக் கேட்டார். அந்தப் பெண் அதைவிட மெதுவாகச் சொன்னாள்.

"அப்படின்னா, நீங்க எதுக்காகத் திரும்பி வருவீங்கன்னு கேக்குறாங்க."

இத்தனை நாளும் அவர் போவதைப் பற்றி மட்டும்தான் நினைத்திருந்தார். விமானத்தில் ஏறுவது, இறங்குவது, கூட்டத்தில் அவளைத் தேடுவது, அவள் நடந்து வருவது. அதோடு நினைப்பு நின்றுவிடும். திரும்பி வருவது என்று ஒன்று இருப்பதே இப்போது இந்தக் கண்ணாடிக்கு முன்னால்தான் தெரிந்தது. கடை என்று சொல்லலாம், கடை இல்லை. சரக்கு இல்லை. மகள் இல்லை. உட்காருகிற மேசைகூட இல்லை.

"அவ ஒருநாள் வேலைய முடிச்சுக்கிட்டு வருவா இல்லீங்களா," என்றார். "அப்ப வீட்ல ஆள் இருக்கணுமே. அதுக்கு வந்துடுவேன்."

அந்தப் பெண் அதை மொழிபெயர்த்தாள். அவ்வளவு நீளமாகச் சொன்னது அந்தப் பாஷையில் நாலே வார்த்தையாகச் சுருங்கிப்போனது. அதிகாரி தலையை ஆட்டினார். ஆனால் கை வேறு பக்கம் போய் ஒரு தாளை எடுத்தது. பாஸ்போர்ட்டும் அந்தத் தாளும் சந்து வழியாகத் திரும்பி வந்தன.

"நீங்க திரும்பி வருவீங்கன்னு அவங்களுக்கு நம்பிக்கை வரலைங்க ஐயா. இப்ப கொடுக்க முடியாதாம். நீங்க மறுபடியும் விண்ணப்பிக்கலாம். தடை ஒண்ணும் இல்ல. கட்டணம் மட்டும் மறுபடியும் கட்டணும்."

"நான்தான் கொடுத்திருக்கேனேம்மா," என்றார் அவர். சத்தம் போடவில்லை. யாருக்கோ மறந்துபோனதை ஞாபகப்படுத்துகிற குரலில்தான் சொன்னார். அந்தப் பெண் அதை மொழிபெயர்க்கவில்லை.

வீட்டுக்கு எப்படி வந்தார் என்று அவருக்கே தெரியாது. இரண்டு பேருந்து மாற வேண்டும், மாறித்தான் வந்திருப்பார். சட்டையைக்கூடக் கழற்றாமல் நாற்காலியில் உட்கார்ந்து, அவளிடம் எப்படிச் சொல்வது என்று வார்த்தை தேடினார். 'கொஞ்சம் தள்ளிப்போகும்போல.' வேண்டாம். 'கடையை ஒழுங்கா நடத்திட்டு அடுத்த வருஷம் பாப்போம்.' கடை எங்கே இருக்கிறது? பூட்டுக்காரர் இரும்பையெல்லாம் அடுக்கிவிட்டார். அவரிடம் போய் நிற்க வேண்டும். சரக்குப் பிடிக்க வேண்டும். அந்தக் கண்ணாடிக்குப் பின்னால் இருப்பவர் நம்புகிற மாதிரி, அவளை விட்டுவிட்டு வருவதற்கு இங்கே ஏதாவது ஒன்றைச் சம்பாதித்து வைக்க வேண்டும். நேராகச் சொல்லிவிடுவதுதான் நல்லது என்று முடிவு செய்தபோது போன் அடித்தது. அவள்தான்.

முகம் தெரியவில்லை. ஒரு சுவர் தெரிந்தது. சுவர் ஆடியது. பிறகு அறை முழுக்கச் சுற்றிக்கொண்டு வந்தது. ஜன்னல், துணி மடித்து வைத்த அலமாரி, பெரிய கட்டில் ஒன்று.

"தெரியுதாங்க? பெரியம்மா மகன் மாடியில கெடந்த கட்டிலை இறக்கிக் கொடுத்தாரு. என்னோட சின்னக் கட்டில எடுத்துட்டோம். நானும் அவருமாத் தள்ளித் தள்ளி, முதுகு போச்சு. விரிப்பு புதுசு. இங்க பாருங்க, தலகாணியும் ஒண்ணு வாங்கினேன்."

அவளை இவ்வளவு வேகமாகப் பேசக் கேட்டு வெகுகாலமாகிவிட்டது. அவர் வாயைத் திறந்தார். "ஏம்மா, இன்னைக்கு அங்க போயிருந்தேனா..."

"இருங்க, அதுக்கு முன்னாடி இதைச் சொல்லுங்க." போன் திரும்பி அவள் முகம் வந்தது. உழைத்த வியர்வை நெற்றியில் இருந்தது. முன்மயிர் நிறைய நரைத்திருந்தது. புதுத் தலையணையை மார்போடு அணைத்துப் பிடித்திருந்தாள். ஏதோ வெட்கப்படுகிற மாதிரி இருந்தது. "நீங்க எந்தப் பக்கம் படுப்பீங்க? சுவர்ப் பக்கமா, இந்தப் பக்கமா? காலைலேருந்து யோசிக்கிறேன், எனக்கு மறந்தே போச்சுங்க."

அவருக்கும் தெரியவில்லை. போனைப் பிடித்தபடியே எழுந்து உள்ளறைக்குப் போனார். அவர்கள் கல்யாணத்தின்போது வாங்கிய கட்டில் அங்கே இருந்தது. மெத்தையின் நட்டநடுவில் ஒரு ஆள் அளவுக்குப் பள்ளம் விழுந்திருந்தது. இரண்டு ஓரமும் மேடாக, யாரும் தொடாததுபோல இருந்தன.

"என்னங்க? கேக்குதா?"

"கேக்குது. இரும்மா, படுத்துப் பாத்துச் சொல்றேன்."

சலவைச் சட்டையோடு சுவர்ப் பக்கமாக ஏறிப் படுத்தார். உடம்பு தானாக நடுவில் இருந்த பள்ளத்துக்குச் சரிந்தது. அவர் ஒரு கையால் கட்டில் சட்டத்தைப் பிடித்துக்கொண்டு, சரியாமல் அந்த ஓரத்திலேயே கிடந்தார். இன்னொரு கையில் இருந்த போனுக்குள், தலையணையைக் கீழே வைக்காமல் அவள் காத்துக்கொண்டிருந்தாள்.