தவறான முறையும் மீதிப் பாதியும்

1

இந்தக் கதையை நான் தேடிப் போகவில்லை. அதுவே மாடியிலிருந்து இறங்கி வந்து, வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு, "அக்கா, உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும்" என்றது.

ஓசூர் மூக்கண்டப்பள்ளியில் நாங்கள் குடியிருக்கும் வீட்டின் மாடியில் மூன்று அறைகள். மூன்றிலும் கம்பெனி வேலைக்குப் போகும் பெண்கள். அவர்களில் ஒருத்திதான் வந்தவள். சாமல்பட்டிப் பெண். பாலிடெக்னிக் முடித்துவிட்டு, பைக்குகளுக்கு மீட்டர் செய்யும் கம்பெனி ஒன்றில் டிரெய்னியாக இருக்கிறாள். நான் கதை எழுதுகிறவள் என்று வீட்டுக்காரம்மா வெங்கடம்மா அவளிடம் சொல்லியிருக்கிறார். எதற்குச் சொன்னாரோ, அந்தம்மா இதுவரை நான் எழுதிய ஒரு வரியைக்கூடப் படித்ததில்லை.

"என்னோட வீடியோ ஒண்ணு சுத்திக்கினு இருக்குதுக்கா. பாத்திருப்பீங்க."

பார்க்கவில்லை என்றேன். அவள் நம்பவில்லை. யார் பார்க்கவில்லை என்று சொன்னாலும் நம்பாத நிலைக்கு அவள் வந்திருந்தாள்.

"அதுல பாதிதான் இருக்குது. மீதிய நீங்க எழுதுங்கக்கா."

எழுதுகிறவளுக்கு வேறென்ன வேண்டும்? சரி என்று தலையாட்டிவிட்டேன். பெயரை மாற்றிவிடலாம் என்றேன். அனுப்ரியா என்று வைக்கச் சொன்னாள். கூடப் படித்த பெண்ணின் பெயராம். எந்த வம்புக்கும் போகாத பெண்ணாம்.*

(* அவள் ஊர் சாமல்பட்டியும் இல்லை, அவள் கம்பெனியில் செய்வது மீட்டரும் இல்லை. அந்த வீடியோவைத் தேட வேண்டாம். தேடலாமா என்று ஒரு நொடி தோன்றியதல்லவா, இந்தக் கதை அதைப் பற்றியும்தான்.)

2

முதலில் இப்படித் தொடங்கினேன்:

'அனுப்ரியா கண் விழித்தபோது, அவளுக்குத் தெரியாத ஆயிரக்கணக்கான பேர் அவளைப் பார்த்துச் சிரித்து முடித்திருந்தார்கள். அவள் ஃபோனை எடுத்து'

அங்கேயே நிறுத்திவிட்டேன். வரி ஜோராகத்தான் இருக்கிறது. ஆனால் அது அவளைப் பார்க்கவில்லை. சிரித்தவர்களின் கூட்டத்தைப் பார்த்து வாயைப் பிளந்துகொண்டு நிற்கிறது.

அடுத்தது: 'இன்றைய இளைய தலைமுறையினரிடையே சமூக ஊடகங்கள்' [போதும். பள்ளிக்கூடத்துக் கட்டுரைப் போட்டி ஞாபகம் வந்துவிட்டது.]

மூன்றாவது தொடக்கம் இது. இதைத்தான் வைத்துக்கொள்ளப் போகிறேன்: அனுப்ரியாவுக்கு அந்த நாள் மிகவும் பிடித்திருந்தது.

3

அனுப்ரியாவுக்கு அந்த நாள் மிகவும் பிடித்திருந்தது.

கம்பெனியில் புதிதாகச் சேருகிறவர்களுக்கு வேலை கற்றுக்கொடுக்கச் சின்னச் சின்ன வீடியோக்கள் எடுப்பார்கள். முதலில் 'தவறான முறை', அடுத்து 'சரியான முறை'. இரண்டையும் ஒரே ஆள் செய்து காட்ட வேண்டும். அதற்கு வேலை நன்றாகத் தெரிந்தவரைத்தான் கூப்பிடுவார்கள். வேலை தெரியாதவருக்கு எது தப்பு என்றே தெரியாதே. டீம் லீடர் ராஜேஷ்குமார் அனுப்ரியாவைக் கூப்பிட்டார். அவளுக்குத் தரையில் கால் பாவவில்லை.

ஆனால் கேமரா ஓடத் தொடங்கியதும் கை அதன் பழக்கத்துக்குச் சரியாகவே செய்தது. ராஜேஷ்குமார் தலையில் அடித்துக்கொண்டார்.

"என்னம்மா நீ, தப்பு பண்ணுன்னாலும் சரியாவே பண்ற! கூச்சப்படாத. நல்லாத் தப்பு பண்ணும்மா."

அப்போதுதான் அவளுக்குள் இருந்த பழைய நாடகக்காரி எழுந்து வந்தாள். ஏழாவது படிக்கும்போது ஆண்டு விழாவில் குடிகாரன் வேஷம் போட்டு ஊரையே சிரிக்க வைத்தவள் அவள். ஸ்க்ரூக்களை ஒன்றாகச் சேர்த்து அள்ளினாள். ஒன்று உருண்டு கீழே விழுந்தது. ஸ்க்ரூ டிரைவரால் தலையைச் சொறிந்தாள். மேஜைக்கு அடியில் போய்த் தேடினாள். கையில் ஸ்க்ரூவோடு வெளியே வந்து, ஊதினாள், கம்பெனி கோட்டில் துடைத்தாள். கால் பட்ட பொருளைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வோமே, அது போல அந்த ஸ்க்ரூவை இரண்டு கண்களிலும் பக்தியோடு ஒற்றிக்கொண்டு, மீட்டரில் போட்டு முடுக்கினாள்.

கண்ணில் ஒற்றியது யாரும் சொல்லிக்கொடுக்காதது. அந்த நொடியில் அவளுக்கே தோன்றியது. அறையில் இருந்தவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். ராஜேஷ்குமார் பிடித்திருந்த கம்பெனி ஃபோன் குலுங்கியது. அனுப்ரியாவும் சிரித்தாள். பிறகு, முகத்தைத் துடைத்துக்கொண்டு 'சரியான முறை'யையும் ஒரே மூச்சில் செய்து முடித்தாள்.

4

இந்த இடத்தில் எனக்கு ஒரு வில்லன் தேவைப்பட்டான். அஸ்வின் கைக்கு வாகாகக் கிடைத்தான்.

'அஸ்வினின் உதட்டில் குரூரமான ஒரு' [வேண்டாம். அவனை நான் நேரில் பார்த்தேன். அவன் உதட்டில் அப்படி ஒன்றும் இல்லை, வெடிப்புதான் இருந்தது. ஓசூர் குளிர் அவனுக்கு இன்னும் பழகவில்லை.]

அஸ்வினும் டிரெய்னிதான். விருதுநகர்ப் பக்கத்துப் பையன். வீடியோ வெட்டி ஒட்டத் தெரியும் என்பதால், இரண்டு துண்டுகளையும் சேர்த்துத் தலைப்புப் போடும் வேலையை ராஜேஷ்குமார் அவனிடம் கொடுத்தார். கம்பெனி வீடியோவைச் சொந்த ஃபோனுக்கு மாற்றக்கூடாது. இருவருக்கும் அது தெரியும். வேலை சீக்கிரம் முடியட்டுமே என்று அஸ்வின் ஃபோனுக்கே மாற்றிக்கொண்டார்கள்.

அவன் முதல் துண்டைப் பார்த்தான். திரும்பத் திரும்பப் பார்த்தான். அறை நண்பர்களுக்கு அனுப்பினான். 'எங்க லைன்ல ஒரு புள்ள என்னமா நடிக்குதுன்னு பாருங்கடா' என்று எழுதிக்கூட அனுப்பினான். அந்த வரி அங்கேயே நின்றுவிட்டது. வீடியோ மட்டும் கிளம்பிப் போய்விட்டது. நண்பர்களில் ஒருவன் இணையத்தில் காமெடிப் பக்கம் நடத்துகிறவன். 'தவறான முறை' என்ற தலைப்பை அஸ்வின் அதற்குள் போட்டிருக்கவில்லை. அந்த நண்பன் தானே ஒரு தலைப்புப் போட்டு ஏற்றிவிட்டான்: 'நம்ம வண்டி மீட்டர் தயாராகும் லட்சணம்.'

அதன் கீழே எழுதினார்கள். முதலில் வேலையைப் பற்றி. 'இதுக்கெல்லாம் எவன்டா வேலை குடுத்தது?' அப்புறம் அவள் நிறத்தைப் பற்றி. அப்புறம் பல்லைப் பற்றி, வளர்த்தவர்களைப் பற்றி. அவற்றை அவள் எனக்குப் படித்துக் காட்டினாள். இங்கே எழுதமாட்டேன். எழுதினால் நானும் ஒருமுறை சொன்னதாகிவிடும்.

கம்பெனி பஸ்ஸில் அவள் ஏறியதும் ஒருவன் தன் தண்ணீர் பாட்டிலை எடுத்துக் கண்களில் ஒற்றிக்கொண்டான். பின் சீட்டில் ஒருத்தி அடையாள அட்டையை ஒற்றிக்கொண்டாள். கேன்டீனில் தட்டு, ஸ்பூன், உப்பு டப்பா. எல்லாம் அவள் வயதுப் பிள்ளைகள்தான். யாரும் ஒரு வார்த்தை பேசவில்லை. பேசியிருந்தால் பதில் சொல்லியிருப்பாள்.

ராஜேஷ்குமாரிடம் போய் நின்றாள். "ரெண்டு நாள்ல அடங்கிடும்மா" என்றார். அது நடிப்பு என்று அவருக்குத் தெரியும். சொன்னால் ஃபோன் விஷயமும் வெளியே வரும் என்பதும் தெரியும்.

ஊரிலிருந்து அம்மா நாகம்மா கூப்பிட்டாள். "என்னாத்துக்குடி கீழ உழுந்தத எடுத்துப் போட்ட? வேலைய உட்டு எடுத்துடுவாங்கன்னு சொல்றாங்களே!"

"அம்மாகூட நம்பிடுச்சிக்கா" என்று சொல்லும்போது அவள் அழவில்லை. அழுதது வேறொன்றைச் சொல்லும்போது. அறையில் நடக்கையில் தோழியின் புத்தகத்தின் மேல் கால் பட்டுவிட்டது. தொட்டுக் கும்பிடக் குனிந்தாள். தொட்டாள். கண்ணுக்குக் கொண்டுபோன கை பாதியில் நின்றுவிட்டது.

"கையே வர்லக்கா. அதையும் புடுங்கிக்கினாங்க" என்று சொல்லிவிட்டு அழுதாள். எனக்குக் கோபம் வந்தது. யார் மேல் என்று தெரியாத கோபம்.

அந்த வாரம் முழுக்க அவள் பஸ்ஸில் ஏறவில்லை. ஷேர் ஆட்டோ பிடித்து, மீதியை நடந்து போனாள்.

5

அவள் என்னிடம் கேட்டது இந்தப் பகுதியைத்தான்.

சரியான முறை. அனுப்ரியா கையுறையைச் சுருக்கமில்லாமல் இழுத்துவிடுகிறாள். ஒரு ஸ்க்ரூ எடுக்கிறாள். ஒன்றே ஒன்று. மேலே கம்பியில் தொங்கும் மின் ஸ்க்ரூ டிரைவரைச் சாயாமல் நேராக இறக்குகிறாள். 'டக்' என்றதும் விடுகிறாள். அடுத்து பக்கத்து மூலைக்குப் போகாமல் எதிர்மூலைக்குப் போகிறாள். பக்கத்துக்குப் போனால் மூடி ஒரு பக்கம் தூக்கிக்கொள்ளும். ஒரு ஸ்க்ரூ விழுகிறது. குனிந்து எடுக்கிறாள். ஊதவில்லை, துடைக்கவில்லை. கழித்துப்போடும் சிவப்புப் பெட்டியில் போடுகிறாள். புதிதாக ஒன்று எடுக்கிறாள்.

அவ்வளவுதான்.

நீங்கள் நடுவில் ஒரு வரியாவது தாண்டியிருப்பீர்கள். பரவாயில்லை, எழுதும்போது எனக்கே கொட்டாவி வந்தது. மூன்றாம் பகுதியை எத்தனை ஆசையாக எழுதினேன்! மேஜைக்கு அடியில் போனது, ஊதியது, ஒற்றியது, எதையும் விடவில்லை. யாராவது ஒழுங்காக வேலை செய்தால் கதைக்கு அது போதவில்லை. அவள் தடுமாற வேண்டியிருக்கிறது. காமெடிப் பக்கத்துப் பையனுக்கும் எனக்கும் ஒரே பசிதான். மூன்றாம் பகுதியை மட்டும் யாராவது படம் பிடித்து அனுப்பினால், அவள் இன்னொரு முறை மேஜைக்கு அடியில் போக வேண்டியதுதான்.

அஸ்வினிடமிருந்து இந்த இரண்டாம் துண்டை வாங்கி அம்மாவுக்கு அனுப்பினாள். நாகம்மா முழுக்கப் பார்த்துவிட்டுச் சொன்னாள்: "இதுல என்னாடி இருக்குது? சும்மா வேலைதான செய்ற."

6

முடிவுகள்.

முதலாவது: அனுப்ரியா பஸ்ஸில் ஏறி, எல்லோர் முன்னாலும் அந்த நடிப்பை முழுசாக நடித்துக் காட்டுகிறாள். பஸ்ஸே கைதட்டுகிறது. இதை அவளிடம் காட்டினேன்; படித்துவிட்டுத் தாளைத் திருப்பித் தந்தாள். "அதையும் வீடியோ எடுப்பாங்கக்கா."

இரண்டாவது: திங்கட்கிழமை காலை கம்பெனியில் விசாரணை இருப்பது நிஜம். வீடியோ எப்படி வெளியே போனது என்று அவளிடம்தான் முதலில் கேட்கப் போகிறார்கள். என் முடிவில் அவள் அஸ்வின் பெயரைச் சொல்கிறாள். அது பயிற்சி வீடியோ என்று நோட்டீஸ் ஒட்டுகிறார்கள். அவள் தலை நிமிர்கிறது. அஸ்வின் பெட்டியைக் கட்டுகிறான்.

இதற்கு அஸ்வினே சம்மதம் சொல்லிவிட்டான். சனிக்கிழமை சாயங்காலம் எங்கள் வாசலுக்கு வந்து நின்றான். "எம் பேரச் சொல்லிரு அனு. சத்தியமா நான் கேலிக்கு அனுப்பல. நீ நடிச்சது அம்புட்டு நல்லா இருந்துச்சு."

"இத நீ அங்க எழுதியிருந்தா ஆவாதா?" என்று மட்டும் கேட்டாள்.

அவனும் மற்ற அறை நண்பர்களும் அது நடிப்பு என்று அந்த வீடியோவின் கீழே இன்றுவரை எழுதவில்லை. எழுதினால் அடுத்த ஆள் அவர்கள்தான் என்ற பயம்.

மூன்றாவது முடிவை நான் அவளுக்குக் காட்டவில்லை. மேஜையில் கிடந்ததை அவளே எடுத்துப் படித்துவிட்டாள். இந்த மாதிரிக் கதைகள் வழக்கமாகப் போய்ச் சேரும் இடம்தான் அது. உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

"என்ன எதுக்குக்கா சாவடிச்சீங்க?" என்றாள். கோபமாகக்கூட இல்லை, நிஜமாகவே தெரிந்துகொள்ளக் கேட்டாள். "நான் நாளைக்கி டூட்டிக்குப் போவணுமே."

அந்தத் தாளைக் கிழித்துப் போட்டேன். வெட்கமாக இருந்தது.

"அஸ்வின் பேரச் சொல்லுவியா?" என்று கேட்டேன்.

"தெரிலக்கா. அங்க போய்ப் பாத்துக்கறன். மொதல்ல பஸ்ல ஏறணும். ஆட்டோல ஒளிஞ்சிக்கினு போயி அந்த ரூம்ல நின்னா, நான் என்னா சொன்னாலும் தப்பு பண்ணவ சொல்ற மாரிதான் இருக்கும்."

7

இன்று ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். மாடியில் அவள் கோட்டுக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருக்கிறாள். கோட்டு மெழுகு போல ஆகிற வரைக்கும் தேய்ப்பாள். ஆகவே இதற்குப் பிறகு நான் எழுதுவது எதுவும் இன்னும் நடக்கவில்லை.

திங்கட்கிழமை காலை. பஸ் வந்து நிற்கிறது. டிரைவர் ராமப்பன் கர்நாடகத்து அத்திப்பள்ளிக்காரர். இந்த ஓசூர் பஸ்ஸில் அந்த வீடியோவைப் பார்க்காத ஒரே ஆள் அவராகத்தான் இருக்கும். அவருடையது பட்டன் ஃபோன். "ஹத்தம்மா, டைம் ஆய்த்து. ஏறு, ஏறு" என்று கன்னடமும் தமிழுமாகக் கூப்பிடுகிறார்.

அனுப்ரியா ஏறுகிறாள். பேச்சு நிற்கிறது. அவள் சீட்டு நான்காவது வரிசையில். நடைபாதையில் யாரோ சாப்பாட்டுப் பையை வைத்திருக்கிறார்கள். அவள் முகத்தை நிமிர்த்தியபடி நடப்பதால் அதைப் பார்க்கவில்லை. கால் பட்டுவிடுகிறது.

அடுத்தவர் சோற்றின் மேல் கால்.

அவள் குனிகிறாள். பையைத் தொடுகிறாள். கை மேலே வருகிறது. மார்பு வரைக்கும் வந்துவிட்டது.

[இங்கே ஒரு வரி இருந்தது. அதை எழுதும் உரிமை எனக்கு இல்லை என்று தோன்றியதால் எடுத்துவிட்டேன்.]

அந்தக் கை கண்ணுக்குப் போகுமா போகாதா என்பது அவள் பாடு. ஆனால் பஸ்ஸில் அவளைத் தவிர மற்றவர்களும் இருக்கிறார்கள். நான் அவளுக்கு மீதிப் பாதியை எழுதித் தருவதாகச் சொன்னேன். எழுதிப் பார்த்துவிட்டேன், என்னால் முடிந்தது இவ்வளவுதான். மீதி என்னிடம் இல்லை.

நீங்கள் மூன்றாவது வரிசையில், நடைபாதையோரம் உட்கார்ந்திருக்கிறீர்கள். அன்று நடித்தாள், இப்போது நடிக்கவில்லை என்பது இந்த பஸ்ஸில் உங்களுக்காவது தெரியும். பக்கத்து சீட்டுக்காரன் சிரிப்பை அடக்கிக்கொண்டு உங்கள் விலாவில் இடிக்கிறான். உங்கள் ஃபோன் மடியில் இருக்கிறது. சாப்பாட்டுப் பை உங்களுடையது.