இரத்தினேஸ்வரி சொன்ன ஒரு சொல்

1

உள்ளதைச் சொல்லிவிடுகிறேன். இது கதையாகப் பிறந்ததில்லை. கோயில் திருநாள் மலருக்கு ஒரு கட்டுரை வேண்டுமென்று எங்கள் பாதர் கேட்டார். தலைப்பையும் அவரே தந்தார்: 'யூதரிடமும் கிறிஸ்தவரிடமும் பாவம்: பொருளும் தொடக்கமும்'. "உமக்குத்தான் மூண்டு பாசையும் தெரியுமே, தமிழிலயும் சிங்களத்திலயும் இங்கிலீசிலயும் எழுதித் தாரும்" என்றார்.

நான் திருகோணமலையில் சத்தியப்பிரமாணம் செய்த மொழிபெயர்ப்பாளர். பிறப்புப் பத்திரம், காணி உறுதி, கலியாணப் பதிவு எல்லாவற்றையும் ஒரு மொழியிலிருந்து இன்னொரு மொழிக்குத் தள்ளிவிட்டு, 'இது உண்மையான மொழிபெயர்ப்பு' என்று முத்திரை குத்துகிறவள். பாவத்துக்கு ஒரு முத்திரை குத்துவது என்ன பெரிய வேலை என்று நினைத்தேன். வாய்க்கொழுப்பு, வேறென்ன.

முதலில் தமிழில் எழுதிக் கொடுத்தேன், அச்சாகி வந்தது. அதை ஒருவன் வாசித்தான். வாசித்ததோடு விடாமல், அதில் எழுதியிருந்தபடி செய்தும் விட்டான். எழுதுகிறவளுக்கு இதைவிடப் பயமான விசயம் கிடையாது. அதனால்தான் இப்போது கதை எழுதுகிறேன்.

2

முதல் தொடக்கம்:

"உட்துறைமுகத்தின் நீர் அன்று விடியலில் அசையாமல்..."

(அசையாமல் எங்கே கிடந்தது? நல்ல காற்று என்று, மலரை வாசித்த அந்த நிக்சனே சொன்னான். அடித்துவிட்டேன்.)

இரண்டாவது தொடக்கம்:

"ஆதியிலே ஒரு தோட்டம் இருந்தது. அங்கேதான் பாவம் என்ற சொல்..."

(இதுவும் சரிவராது. கட்டுரைக்காகத் தேடிப் பார்த்தபோது திடுக்கிட்டுப் போனேன். தோட்டத்துக் கதையில் அந்தச் சொல்லே இல்லை! பழம் தின்றாயிற்று, இலையைச் சுற்றி மறைத்தாயிற்று, இரண்டு பேரையும் வெளியே துரத்தியுமாயிற்று. 'பாவம்' என்று ஒருவரும் வாய் திறக்கவில்லை. அடுத்த கதையில், தம்பியைக் கொல்லுமுன் அண்ணன்காரன் எரிச்சல்பட்டு நிற்கிறானே, அங்கேதான் முதல்முதலாக வருகிறது. வாசலில் ஒரு மிருகம்போலப் படுத்துக் கிடக்கிறதாம், நீ அதை அடக்கவேண்டும் என்கிறார் கடவுள். சின்ன வயதிலிருந்து கேட்டுவரும் கதை. இத்தனை வருசமாக இது கண்ணில் படவில்லையே என்று கதிரையில் இருந்தபடியே "அட கடவுளே" என்றேன். கடவுளைக் கூப்பிட அதைவிடப் பொருத்தமான நேரம் எனக்கு வாய்த்ததில்லை.)

மூன்றாவது தொடக்கம்:

நிக்சன் முன்னால் பார்க்கவில்லை.

இது நிற்கட்டும். இதில் திருத்த எனக்கு ஒன்றுமில்லை.

3

நிக்சன் எங்கள் பங்குப் பொடியன். பொடியன் என்றாலும் முப்பத்தைந்து வயதிருக்கும். பைபர் போட்டில் வெளிநாட்டுக்காரரை ஏற்றிக்கொண்டு திமிங்கிலம் காட்டப் போகிறவன். போன வருசம் ஒருநாள் காலையில், "அந்தா, அங்க பாருங்கோ!" என்று கையை நீட்டி, தலையைத் திருப்பினான். போட் நேரே ஒரு சின்ன வள்ளத்தில் ஏறியது. அதில் இருந்தவர் சாம்பல்தீவுக் கதிரவேல். நிக்சன் உடனே குதித்து அவரைத் தூக்கித்தான் கொண்டுவந்தான். கரைக்கு வரும்போது உயிர் இல்லை.

விசாரணை நடந்தது. விபத்து என்று தீர்த்தார்கள். பாவசங்கீர்த்தனமும் செய்தான், பாதர் மன்னிப்புக் கொடுத்தார். ஆனால் அன்று கரையில் இழுத்துவிட்ட போட்டை அவன் பிறகு தொடவே இல்லை.

அவன்தான் மலரைச் சுருட்டிப் பிடித்துக்கொண்டு என் மொழிபெயர்ப்புக் கந்தோருக்கு வந்தான்.

"அக்கா, என்ர கதையை ஆர் உங்களுக்குச் சொன்னது?"

"உன்ர கதையோ? நான் எபிரேயச் சொல்லைப் பற்றியெல்லோ எழுதினனான்."

விரலை வைத்துக் காட்டினான். நான் எழுதிய வரிதான்: பாவத்துக்கு எபிரேயத்தில் உள்ள சொல்லின் அடிக்கருத்து, குறி தப்புவது. கவண்கல் எறிகிறவன் தவறவிடுவதற்கும் அதே வினைதான். கிரேக்கத்திலும் அப்படியே. அதாவது கெட்ட மனசு இருக்கவேண்டும் என்றுகூட இல்லை. பார்த்த இடம் ஒன்று, போய்ப் பட்ட இடம் இன்னொன்று.

"என்னைத்தானே எழுதியிருக்கிறீங்கள்" என்றான்.

எனக்கு மயிர் கூச்செறிந்தது. எந்தக் காலத்திலோ, எந்தப் பாலைவனத்திலோ யாரோ கல்லெறிந்து தவறவிட்டபோது உண்டான சொல், திருகோணமலையில் ஒருவனின் நெஞ்சில் வந்து பட்டிருக்கிறது. அதுமட்டும் குறி தப்பவில்லை.

4

இந்த இடத்தில் எனக்கு நிக்சனில் சந்தேகம் வருகிறது. இப்படி ஒருவன் உண்மையில் கதைப்பானா? வாசகர்கள் "சும்மா விடுங்கோ, கட்டுரையை இவன்ர வாயில திணிச்சுப்போட்டா" என்று சொல்லமாட்டார்களா? சொல்லுங்கள். ஆனால் அவன் கேட்ட அடுத்த கேள்வியைத் திணிக்கிற அளவுக்கு எனக்கு மூளை கிடையாது.

கட்டுரையில் நான் பிரித்துக் காட்டியிருந்தேன். கிறிஸ்தவர் சொல்வது: முதல் மனிதன் விழுந்தான், அந்த விழுகை எங்கள் எல்லோருக்கும் பிறப்போடு வருகிறது, ஒருவர் வந்து எல்லோருக்குமாகச் சுமந்தார். யூதர் சொல்வது வேறு: பிள்ளை சுத்தமாகத்தான் பிறக்கிறது, நல்ல நாட்டமும் கெட்ட நாட்டமும் உள்ளே இருக்கின்றன, ஒவ்வொரு தடவையும் எது வேண்டுமென்று நீதான் தெரிவுசெய்கிறாய்.

"பிறக்கேக்கையே வாறதெண்டு வாசிக்க எனக்கு ஆறுதலா இருந்தது, அக்கா. பேந்து யோசிச்சன். ஆதியில ஆரோ செய்ததை நான் சுமக்கலாம். நான் செய்ததை இப்ப ஆர் சுமக்கினம்?"

அவன் இன்னொரு வரிக்குப் போனான். கடவுளுக்குச் செய்த பிழையை, யூதர் வருசத்தில் ஒருநாள் நோன்பிருக்கும் பாவநிவாரண நாள் துடைக்கும். மனிசருக்குச் செய்த பிழையை, அந்த மனிசரிடமே போய்க் கேட்கும்வரை அந்த நாளும் துடைக்காது. யூதரின் பழைய போதனை இது.

"உண்மையோ?"

"அவையள் அப்பிடித்தான் சொல்லுகினம்."

"நாங்கள்?"

"நாங்கள் பாதரிட்டச் சொல்லுறம்."

"பாதரிட்டச் சொல்லிப்போட்டன். கதிரவேல் அண்ணையின்ர மனிசியிட்டச் சொல்லேல்ல." மலரைத் திரும்பச் சுருட்டினான். "தனியப் போக ஏலாது. எழுதின நீங்களும் வாங்கோ."

(ஒரு குறிப்பு. எபிரேயத்தில் 'பாவத்தைச் சுமத்தல்' என்றொரு வழக்கு இருக்கிறது. செய்தவன் சுமந்தால் அதற்குத் 'தண்டனை அனுபவித்தல்' என்று கருத்து. மற்றவர் சுமந்தால் 'மன்னித்தல்'. இரண்டுக்கும் வினை ஒன்றுதான். யாருடைய தோளில் இருக்கிறது என்பதைப் பொறுத்துக் கருத்து மாறுகிறது. இதைக் கட்டுரையில் சேர்க்க இடம் போதவில்லை. இடம் போதவில்லையாம்! கடைசிப் பக்கத்தில் நகைக்கடை விளம்பரத்துக்கு இடம் இருந்தது.)

5

சாம்பல்தீவுக்கு ஓட்டோவில் போனோம். வழி முழுக்க நிக்சன் சொல்லப்போவதை வாய்க்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே வந்தான். "அம்மா, நான் செய்தது மன்னிக்கேலாத பிழை. அம்மா, நான் செய்தது..."

கிடுகுவேலிப் படலை திறந்திருந்தது. வாசற்படியில் ஒரு நாய் படுத்துக் கிடந்தது.

(நாயை நான் போடவில்லை. அண்ணன் தம்பி கதைக்குப் பொருத்தமாக இருக்கட்டும் என்று நான் கொண்டுவந்து படுக்கவைத்ததாக நினைக்கவேண்டாம். அது அந்த வீட்டு நாய். செம்மண் நிறம், ஒரு காது மடங்கியிருந்தது. தலையைத் தூக்கிப் பார்த்துவிட்டுத் திரும்பவும் படுத்துக்கொண்டது. நான்தான் அதைத் தாண்டாமல் சுற்றிப் போனேன்.)

கதிரவேலின் மனைவி இரத்தினேஸ்வரி அக்கா குசினிப் பக்கமிருந்து கையைத் துடைத்துக்கொண்டு வந்தார். என்னைத் தெரியாது. அவனைத் தெரிந்தது. முகம் அப்படியே நின்றுவிட்டது.

நிக்சன் கும்பிட்டான்.

"அம்மா, நான் செய்தது..."

அதற்குமேல் வரவில்லை. உதடு மட்டும் ஆடியது. வழி முழுக்கப் பாடமாக்கிய வசனம் அந்த இடத்தில் அறுந்துபோய் நின்றது.

அவர் அவனைப் பார்த்தார். காலிலிருந்து தலைவரைக்கும் பார்த்தார்.

"பாவம்" என்றார்.

சொல்லிவிட்டு உள்ளே போனார். கதவைச் சாத்தவில்லை. வெளியே திரும்ப வரவுமில்லை. நாங்கள் நின்று பார்த்துவிட்டு வந்துவிட்டோம்.

6

உங்களுக்கு விளங்கியிருக்கும், நீங்கள் தமிழர். எனக்குத்தான் அன்று விளங்கவில்லை, ஓட்டோவில் நிக்சன் கேட்கும்வரைக்கும்.

"அக்கா, என்ர வசனத்தை அவ முடிச்சு வைச்சவவோ? நான் செய்தது பாவம் எண்டோ? இல்லாட்டி என்னைப் பார்த்து, ஐயோ பாவம் எண்டோ?"

"பொறு, யோசிப்பம்."

"நீங்கள் மொழிபெயர்ப்பாளர்தானே, சொல்லுங்கோ. நான் செய்தது பாவமெண்டு சொன்னவ எண்டால் போட்டை வித்துப்போட்டு எங்கயாவது போறன். இந்தக் கடலில எனக்கு இடமில்லை. ஐயோ பாவம் எண்டு சொன்னவ எண்டால், போட்டோட திரும்ப இறங்குவன்."

ஒரு மனிசனின் சீவியம் முழுக்க ஒரு சொல்லில் தொங்குகிறது. அந்தச் சொல்லை என் இரண்டு காதாலும் கேட்டவள் நான்.

கட்டுரையின் மற்ற இரண்டு மொழியும் மிச்சம் இருந்தன, இரத்தினேஸ்வரி அக்கா சொன்ன சொல்லையும் அவற்றில் சேர்க்கப் பார்த்தேன். சிங்களத்தில் பிரச்சினையே இல்லை. 'பவ்' என்றால் அவர்களுக்கும் இதே இரண்டும்தான். பிழை செய்தவனுக்கும் பவ், அடிபட்டுக் கிடக்கிற பூனைக்குட்டிக்கும் பவ். இந்தத் தீவில் இத்தனை சண்டை பிடித்த இரண்டு பாசையும் இந்த ஒரு சொல்லில் மட்டும் கையைக் கோத்துக்கொண்டு நிற்பதைப் பார்க்க எனக்கு அழுகை வந்தது. அழுதுமிருக்கிறேன். இங்கிலீசில் வந்து முட்டுப்பட்டுவிட்டேன். அங்கே இரண்டுக்கும் இரண்டு சொல். ஒன்றைத் தெரிவுசெய்தே ஆகவேண்டும்.

முடிவு அ: இரத்தினேஸ்வரி ஒரு கோப்பையில் தேத்தண்ணி கொண்டுவருகிறார், நிக்சன் குடிக்...

(பொய். தேத்தண்ணி வரவில்லை.)

முடிவு ஆ: கதவு அறைந்து சாத்தப்படு...

(அதுவும் பொய்.)

7

கடைசியில் வெட்கத்தை விட்டு, தனியே திரும்பப் போனேன். கதாசிரியர்கள் இப்படிப் போய்க் கேட்கக்கூடாது என்று தெரியும். நான் கதாசிரியர் இல்லையே, முத்திரை குத்துகிறவள்தானே.

"அக்கா, அண்டைக்கு அந்தப் பொடியனுக்கு ஒரு சொல்லுச் சொன்னீங்கள். பாவம் எண்டு. அதை என்ன கருத்தில சொன்னனீங்கள்?"

இரத்தினேஸ்வரி அக்கா என்னை விசரியைப் பார்க்கிறமாதிரிப் பார்த்தார்.

"ஏன் பிள்ளை, அதுக்கு எத்தினை கருத்து இருக்கு?"

"ரெண்டு."

"எங்களுக்கு ஒண்டுதான். பாவம் எண்டால் பாவம்."

நாய் எழும்பி வந்து அவர் காலடியில் படுத்தது. அவர் பெருவிரலால் அதன் முதுகைத் தடவிக்கொண்டே சொன்னார்:

"என்ர இந்தாளை நினைச்சாலும் எனக்கு நித்திரை வராது. அவனை நினைச்சாலும் வராது. ரெண்டு பேரையும் நான்தானே வைச்சுக்கொண்டு இருக்கிறன்."

என் கட்டுரையில் இடம் போதாமல்போன அந்தச் 'சுமத்தல்' குறிப்பை அந்த மனிசி ஒருநாளும் வாசித்திருக்க முடியாது. நானே அதை அப்போதுதான் விளங்கிக்கொண்டேன். கும்பிட்டுவிட்டு வந்தேன். வேதத்தின் முன்னால்கூட நான் அப்படிக் கும்பிட்டதில்லை.

8

இங்கிலீசுக் கட்டுரையை பாதரிடம் கொடுத்துவிட்டேன். அந்தச் சொல் வரவேண்டிய இடத்தில் தமிழெழுத்திலேயே விட்டிருக்கிறேன். ஏசுவார், ஏசட்டும்.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போதே நிக்சன் வந்துவிட்டான். கந்தோர் வாசலில் நிற்கிறான். உள்ளே வரச்சொன்னால் வரமாட்டேன் என்கிறான். சாம்பல்தீவில் கேட்டதை அப்படியே அவனிடம் சொல்லலாம். சொல்லவும் போகிறேன். ஆனால் நான் சத்தியப்பிரமாணம் செய்தவள். கேட்டதைத்தான் சொல்லலாம், என்னுடையதாக ஒரு சொல்லும் சேர்க்கக்கூடாது.

நீங்கள் சத்தியம் ஒன்றும் செய்யவில்லை, உங்கள் சொல்லைச் சேர்க்கலாம். இவ்வளவு நேரம் அவனோடு இருந்திருக்கிறீர்கள், அவன் தலையைத் திருப்பிய அந்தக் காலையிலிருந்து. இப்போது அவன் என்னைப் பார்க்கவில்லை, உங்களைத்தான் பார்க்கிறான். வாய் திறக்கிறான்.

"நான் செய்தது..."

சொல்லுங்கோ.