பனியின் மேல் நின்று அளந்த உயரம்

1

இது கதையாகத் தொடங்கவில்லை. ஷிரானுமா பனிச்சறுக்கு மலையை நிரந்தரமாக மூடும் நாளில், வருகிறவர்களின் கையில் கொடுக்க ஒரு பக்க வரலாறு வேண்டும் என்று ஊராட்சி அலுவலகத்தில் கேட்டார்கள். நான் இங்கே பனி அளக்கும் நிலையத்தில் வேலை செய்கிறேன். எண்களை எழுதுகிறவளுக்குச் சொற்களும் வரும் என்று நினைத்துவிட்டார்கள். மறுத்துப் பேசக் கூச்சமாக இருந்தது. சரி என்றேன்.

முதல் வரி:

ஷிரானுமாவின் லிஃப்ட், ஊர்மக்களின் கூட்டு உழைப்பாலும் விடாமுயற்சியாலும்

இது எந்த ஊருக்கும் பொருந்தும். அப்படியே விட்டுவிட்டேன்.

2

இன்னொரு தொடக்கம்:

அந்தக் காலத்தில் அறுவடை முடிந்ததும் ஷிரானுமாவின் ஆண்கள் டோக்கியோவுக்குக் கட்டட வேலைக்குப் போய்விடுவார்கள். பனி உருகிய பிறகுதான் திரும்புவார்கள். கிஹெய்ஜியும் அப்படித்தான் போனார். ஒரு வசந்தத்தில் அவர் வந்து வாசலில் நின்றபோது அவருடைய மகன் மொரியோ, "அம்மா, யாரோ வந்திருக்காங்க" என்று உள்ளே ஓடினான்.

அந்த ஆண்டு கிஹெய்ஜி டோக்கியோவுக்குப் போகவில்லை. குளிர்காலத்திலும் ஊரில் பிழைக்க ஒரு வழி வேண்டும் என்றார். வேறொரு மலையில் கழற்றிப் போட்டிருந்த பழைய லிஃப்ட்டை, கம்பியில் தொங்கியபடி ஆளுக்கொரு நாற்காலியாக மலைமேலே போகும் வகை, ஊர் சேர்ந்து வாங்கியது.

(வாசல் காட்சி என் கற்பனை இல்லை. மொரியோவே சொன்னார். எழுபதைத் தாண்டிவிட்டார். இன்றும் லிஃப்ட்டை இயக்குவது அவர்தான்.)

3

இனி வருவதை எழுதுவதா வேண்டாமா என்று பல நாள் யோசித்தேன்.

நாற்காலி எந்த உயரத்தில் வர வேண்டும் என்று கிஹெய்ஜி பிப்ரவரியில் அளந்தார். பனியின் மேல் நின்று, மூங்கில் கழியால் அளந்து, பக்கத்துத் தேவதாரு மரத்தில் ஒரு கோடு போட்டார். கோடையில் அந்தக் கோட்டுக்குச் சரியாகக் கம்பங்களை நட்டார்கள். கோடு தலைக்கு மேலே இருந்தது. பனி வந்தால் சரியாகிவிடும் என்றார்கள் ஆண்கள். கிஹெய்ஜி அந்த ஒரு குளிர்காலம் இருந்ததைத் தவிர, அவர்களில் யாரும் வளர்ந்த பிறகு ஒரு குளிர்காலம் முழுவதும் ஊரில் இருந்ததில்லை. பிப்ரவரிப் பனி டிசம்பரில் இருக்காது என்று பெண்களுக்குத் தெரியும்.*

டிசம்பரில் லிஃப்ட் ஓடியது. நாற்காலிகள் எல்லாருடைய தலைக்கும் மேலே அழகாகப் போயின.

சிமெண்ட் இறுகிவிட்டது. கம்பத்தை இறக்க முடியாது. அதனால் பெண்கள் தங்கள் வீட்டுக் கூரைப் பனியைச் சறுக்குவண்டியில் இழுத்து வந்து கொட்டி ஒரு மேடு கட்டினார்கள். அதன் மேல் ஏறி நின்றால் நாற்காலி சரியாக முழங்காலுக்குப் பின்னால் வந்தது. அன்றிலிருந்து ஒவ்வொரு டிசம்பரிலும் வீட்டுக்கு வீடு கூரைப் பனி மேட்டுக்கு வர வேண்டும் என்பது ஊர்வழக்கம். யார் வீட்டிலிருந்து வரவில்லை என்பதும் ஊருக்குத் தெரிந்துவிடும்.

* யாரும் அவர்களைக் கேட்கவில்லை.

4

வரைவைப் படித்துக் காட்ட இயக்கும் அறைக்குப் போனேன். மொரியோவும் அவருடைய தங்கை சாதயேவும் அடுப்பருகே உட்கார்ந்து தேநீரோடு கீரை ஊறுகாய் தின்றுகொண்டிருந்தார்கள். சாதயே, லிஃப்ட் வந்த பிறகு பிறந்தவர்.

"அப்பா தப்பா அளந்தார்னு போடப் போறியாம்மா?" என்றார் மொரியோ.

நான் கோப்பையைப் பார்த்தேன்.

"போடட்டுமே அண்ணே. மத்த மலையில எல்லாம் ஜனங்க தரையில நின்னு ஏறுது. நாமதான் கூரையைச் சுரண்டிக் கொண்டுவந்து மேடு கட்டி ஏறுறோம். இதைச் சொல்லாம வேற என்ன வரலாறு?"

"அவர் சரியாத்தான் அளந்தார். பனிதான் கம்மியாப் பேஞ்சுது."

"முதல் வருஷமேவா?"

"முதல் வருஷமேதான்."

"அப்ப பனி மேல கேஸ் போடு."

"உனக்கென்ன? தினம் அப்பா மடியில உக்காந்து சாப்பிட்டவ. குறை சொல்லலாம். எனக்கு இந்த லிஃப்ட்தான் அவரைக் கொண்டாந்து விட்டுச்சு. அதுல கோணல்னு அச்சடிச்சு, கடைசி நாளும் அதுவுமா ஊர் சிரிக்கணுமா?"

சாதயே ஊறுகாய்க் கிண்ணத்தை அண்ணன் பக்கம் தள்ளினார்.

என் வேலையில் முதலில் கற்றுக்கொடுப்பது இது: எவ்வளவு என்று எழுதுமுன் எதிலிருந்து அளந்தாய் என்று எழுது. வரைவில் ஒரு வரியை அடித்து இப்படி மாற்றினேன்: "இந்த லிஃப்ட்டின் உயரம் பனியின் மேல் நின்று அளக்கப்பட்டது."

மொரியோ இரண்டு முறை படித்தார். "இது சரி."

சாதயே படித்துவிட்டுச் சிரித்தார். "இது சரி."

அச்சுக்குப் போயிற்று. வரலாறு முடிந்தது. கதைதான் முடியவில்லை.

5

தினமும் மாலையில் மலையை மூடும்போது செய்யும் வேலை ஒன்று உண்டு. கடைசி நாற்காலியில் சாதயே மேலே போவார். உச்சிக் குடிசையையும் மர ஓரங்களையும் பார்த்துவிட்டு, வாக்கி டாக்கியில் "மேல யாரும் இல்ல" என்பார். அதைக் கேட்காமல் லிஃப்ட்டை நிறுத்தக் கூடாது. மொரியோ தினமும் "அப்ப பேசுறது யாரு?" என்பார். தினமும் அதே சிரிப்பு. பிறகு சிவப்புப் பொத்தானை அழுத்துவார். சாதயே சறுக்கி இறங்கி வருவார்.

இந்த ஆண்டு கூரைகளில் சுரண்ட ஒன்றுமில்லை. கோயிலின் நிழல் பக்கத்திலிருந்து அள்ளி வந்து மேடு கட்டினார்கள். கடைசி நாள் மாலைக்குள் அதுவும் பாதி கரைந்துவிட்டது. சாதயேவை ஏற்றிவிட இரண்டு பேர் கை கொடுத்துத் தூக்கினார்கள்.

சூரியன் எதிர் மலைக்குப் பின்னால் போனது. மொரியோவின் விரல் பொத்தானின் மேல் இருந்தது.

"சாதயே, சொல்லு."

"முதல்ல நீ சொல்லு அண்ணே."

"நான் என்ன சொல்லணும்?"

"அப்பா தப்பா அளந்தார்னு. நீ சொன்னா நானும் சொல்றேன்."

"அதான் முடிஞ்சு போச்சே! ரெண்டு பேரும் சரின்னோமே!"

"அது காகிதத்துல. இப்ப வாயால சொல்லு."

"பிடிவாதக்காரி. குளிருல நிக்காத, இறங்கி வா."

"எனக்குக் குளிரல."

காலி நாற்காலிகள் மேட்டைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தன. மொரியோ விரலை எடுத்துவிட்டு, அடுப்பிலிருந்த கெண்டியை இறக்கினார்.

"அவர் சரியாத்தான் அளந்தார்."

"அப்ப சுத்தட்டும்."

"சுத்தட்டும்."

அவர் முகத்தில் கோபம் இல்லை. எனக்கும் ஒரு கோப்பை ஊற்றினார்.

6

முடிவுகள் சில எழுதிப் பார்த்தேன்.

அ. மொரியோ ஒத்துக்கொள்கிறார். சாதயே சொல்கிறார். பொத்தான். (மொரியோவின் வாயில் அந்தச் சொல்லை வைக்க என்னால் முடியவில்லை. அப்பா மறுபடி வாசலில் அந்நியராக நிற்பார் போலிருந்தது.)

ஆ. சாதயே விட்டுக்கொடுத்து இறங்கி வருகிறார். அண்ணனும் தங்கையும் சேர்ந்து பொத்தானை

(அழகாக இருக்கிறது. அதனால் நம்பவில்லை.)

இ. அலுவலகத்தில் மின்சாரத்தை நிறுத்திவிடுகிறார்கள். இது மின்சாரத்தின் முடிவு.

நடந்தது எனக்குத் தெரியும். நான் அந்த அறையில்தான் இருந்தேன். ஆனால் நான் எழுதினால் லிஃப்ட் நின்றுவிடும்.

ஆகவே அந்த அறையில் என் இடத்தில் நீங்கள் உட்காருங்கள். தேநீர் சூடாக இருக்கிறது. மேட்டில் இன்னும் கொஞ்சம் பனி இருக்கிறது. பொத்தான் உங்கள் கைக்கு எட்டும் தூரத்தில்தான். வாக்கி டாக்கி கரகரக்கிறது, சாதயே பேசத் தொடங்கிவிட்டார். இதுவரை வந்ததை மட்டும் எழுதுகிறேன்:

"மேல யாரும்