ஜனவரி இருபத்தொன்றின் புனிதர்

"வாயிலயே நொழையல, இதப் போயி ஒரு பேருன்னு..."

"நொழையும் மாமா. நாலு தடவ சொன்னா தானா..."

"நான் பேசிக்கிட்டிருக்கேன் ஜான்சி."

"நானும் பேசிக்கிட்டுதான் இருக்கேன்."

லூர்து பிரகாஷ் போனை அவள் முகத்துக்கு நேரே நீட்டினான். ஞானஸ்நானப் பத்திரிகையின் மாதிரி. நடுவில் கொட்டை எழுத்தில் 'மைன்ராட்'. அதைப் பார்த்த கையோடு குடிகாட்டிலிருந்து பஸ் ஏறி, சிதம்பரத்தில் ஜான்சி பிள்ளை பெற்றுத் தங்கியிருந்த அவள் அக்கா வீட்டுக்கு வந்திருந்தான். இறந்துபோன தம்பி அலோசியஸின் பிள்ளை; ஞானத்தகப்பன் இவன்தான். அவளே வாய்விட்டுக் கேட்டிருந்தாள்.

"தம்பி பேரையே வெக்கலாம்ல?"

"பொறந்த தேதியில எந்தப் புனிதரோ அவரு பேருதான உங்க குடும்பத்துல? நீங்க பிப்ரவரி பதினொண்ணு, லூர்து மாதா. அவரு ஜூன் இருவத்தொண்ணு. இவன் ஜனவரி இருவத்தொண்ணு."

"அன்னிக்கி ஆக்னஸ் அம்மா திருநாளு."

"ஆம்பளப் புள்ளைக்கி ஆக்னஸ்னு வெக்கவா?"

அடுப்படியில் அக்கா பிரிசில்லா சிரித்தது கேட்டது.

"அதே நாளுல இன்னொரு புனிதரும் இருக்காரு மாமா. ஆஸ்பத்திரிக்கி ஜெபம் பண்ண வந்த சிஸ்டர் சொன்னாங்க. ஜெர்மன்காரரு, ஆயிரம் வருசத்துக்கும் முந்தி காட்டுல தனியா தவம் இருந்தவரு. பேருல மொத பாதிக்கி வலிமைன்னு அர்த்தமாம், பின்பாதிக்கி யோசனை."

"யோசனைன்னா?"

"நாலு பேருக்கு வழி சொல்றது. சூப்பர்வைசர் வேல மாரி. உங்களாட்டம்."

அவன் பத்திரிகையை மறுபடி பார்த்தான்.

"நம்ம பக்கம் வேற யாருக்காவுது இருக்கா?"

"கடலூரு, பாண்டி, எங்கயும் கேள்விப்பட்டதில்லன்னாங்க சிஸ்டர்."

"மைன்ராட்." இரண்டாவது முறை நாக்கு புரண்டது. மூன்றாவது முறை ருசித்துச் சொன்னான். "பெரிய ஆபீசர் பேராட்டம்தான் இருக்குது."

அவன் தலை மறைந்ததும் பிரிசில்லா ஈரக்கையோடு வந்தாள்.

"அவனப் போயி ஏண்டி ஞானத்தகப்பனாக்குற? எல்லாத்தையும் மறந்துட்டியா?"

"மறந்தாதான?"

ஆகஸ்டில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. அலோசியஸுக்கு லீவு. அண்ணன் லூர்து அவர்கள் வீடு தேடி வந்தான், ஜான்சி சுட்டுப்போட்ட தோசையைத் தின்றான், "ஒரு மணி நேர வேலதான், வாடா" என்று தான் சூப்பர்வைசராக இருந்த செம்மங்குப்பத்துக் கெமிக்கல் கம்பெனிக்குத் தம்பியை அழைத்துக்கொண்டு போனான். டேங்க் கழுவ இறக்கிவிட்டான். விஷவாயு. விசாரணையில் அண்ணன் எழுதிக்கொடுத்தது மூன்றே வரி: தம்பி சொல்பேச்சு கேட்கவில்லை, மாஸ்க் போடவில்லை, தானாகவே இறங்கினான்.

"எம் புள்ள வளந்து வந்து, 'உங்கப்பன் திமிரெடுத்துப் போயி செத்தவன்'னு ஊர் வாயில கேக்கணுமாக்கா?"

"அதுக்கு இந்தப் பேரு என்னாடி பண்ணும்?"

"நீ பாரு."

குடிகாட்டுப் பங்குக் கோயிலில் ஒரு வழக்கம் உண்டு. ஞானஸ்நானம் முடிந்ததும், குழந்தைக்குப் பேர் தந்த புனிதரின் கதையை ஞானத்தகப்பன் மைக்கில் சொல்ல வேண்டும். தெரியாதவர்களுக்குப் பங்குச்சாமியாரே எழுதிக் கொடுத்துவிடுவார். ஈஸ்டர் கழிந்த இரண்டாம் வாரம், சனிக்கிழமை சாயங்காலம், ஜான்சியின் போன் அடித்தது.

"தெரிஞ்சேதான் செஞ்சியா?"

"எத மாமா?"

"சாமியார் குடுத்த பேப்பரப் படிச்சேன்."

"முழுசா படிச்சீங்களா?"

"அந்தாள அடிச்சில்ல கொன்னிருக்கானுவோ."

"ஆமா. விருந்தாளியா வந்த ரெண்டு பேரு. அவரு வளத்த அண்டங்காக்கா ரெண்டும் பின்னாலயே போயி, கத்திக் கத்தி ஊருக்குக் காட்டிக் குடுத்துச்சி."

"நாளைக்கி நான் வரல."

"வராதீங்க. பேரு வெக்கிறது நாந்தான்னு தெருவெல்லாம் சொல்லி வெச்சிருக்கீங்க, ஏன் வரலன்னு கேப்பாங்க. நான் சொல்லிக்கிறேன்."

"ஒனக்கு என்னாதான் வேணும்?"

"எழுதிக் குடுத்தத மாத்திச் சொல்லுங்க. டேங்குல எறக்குனது நாந்தான்னு சொல்லுங்க."

போன் அணைந்தது.

ஆனாலும் வந்தான். கஞ்சி போட்ட வெள்ளைச் சட்டை. கம்பெனி ஆட்களே இரண்டு வரிசை உட்கார்ந்திருந்தார்கள். தலையில் தண்ணீர் பட்டதும் பிள்ளை வீறிட்டது. சாமியார் ஈரம் துடைத்துவிட்டு மைக்கை அவன் கையில் கொடுத்தார்.

பேரின் அர்த்தத்தைப் படித்தான். வலிமை, யோசனை. "நல்ல பேருப்பா" என்று யாரோ சொன்னார்கள். காட்டைப் படித்தான், குடிசையைப் படித்தான். குடிசை வாசலில் இரண்டு பேர் வந்து நின்றதைப் படித்தான்.

"அவுங்களுக்கு அப்பமும் திராட்ச ரசமும் குடுத்து உபசரிச்சாரு."

தாளை இரண்டாக மடித்தான்.

"இவ்ளோதான் சாமி" என்று மைக்கை நீட்டினான்.

சாமியார் வாங்கவில்லை. முதல் வரிசையில் ஜான்சி பிள்ளையைத் தோளில் மாற்றிப் போட்டுக்கொண்டாள். எழுந்திருக்கவில்லை. கோயில் முழுக்கக் கேட்கிற மாதிரி, நிதானமாகக் கேட்டாள்.

"சாப்புட்டு முடிச்சிட்டு என்னா செஞ்சாங்க மாமா?"